முகமது ரேசா கலத்பரி

முகமது ரேசா கலத்பரி (பிறப்பு: 1983, ராம்சர்) ஈரானியக் கால்பந்து ஆட்டக்காரர். எல்லைக்கோட்டை ஒட்டி ஓடி ஆடும் விங்கர். 2000களிலும் 2010களிலும் ஈரானின் முதல்நிலை லீக்கில் பல கிளப்களின் சட்டையை அணிந்தவர். மஷ்ஹத், இஸ்பகான், தெஹ்ரான் நகரங்களின் கிளப்களுக்கும், இடையிடையே வளைகுடாக் கிளப்களுக்கும் ஆடினார். இவற்றில் இஸ்பகானின் ஸோப் ஆஹன் கிளப்பில்தான் நெடுங்காலம் இருந்தார். 2010 ஆசிய சாம்பியன்ஸ் லீக் இறுதியாட்டத்தில் அந்தக் கிளப் அடித்த ஒரே கோல் இவருடையது. 2014 உலகக் கோப்பைக்கு ஈரான் தகுதி பெற்றதில் இவர் தாஷ்கந்தில் அடித்த கடைசி நிமிட கோலுக்குப் பெரும் பங்கு உண்டு. அந்த உலகக் கோப்பைக்குச் சென்ற 23 பேர் கொண்ட அணியில் இவர் இடம்பெறவில்லை.

பிறப்பும் தொடக்கமும்

ராம்சர், வடக்கு ஈரானின் மாசாந்தரான் மாகாணத்தில் காஸ்பியன் கடலுக்கும் அல்போர்ஸ் மலைத்தொடருக்கும் நடுவே அமைந்த சிறு நகரம். சதுப்புநிலங்களைக் காப்பதற்கான உலக உடன்படிக்கை 1971இல் இங்குதான் கையெழுத்தானது. வேடந்தாங்கலையும் பள்ளிக்கரணையையும் ‘ராம்சர் தலங்கள்’ என்று குறிப்பிடுவது இந்த ஊரின் பெயரால்தான். கடற்கரையும் நெல்வயலும் தோட்டங்களுமாக இருக்கும் இப்பகுதி இளைஞர்கள் முதல்நிலைக் கால்பந்தில் காலூன்ற வேண்டுமானால் பெரும்பாலும் வேறு மாகாணத்துக்கு இடம்பெயர வேண்டியிருந்தது. கலத்பரியும் அப்படித்தான் போனார்.

தொடக்கக் காலத்தில் இவர் ஆடிய கிளப்களில் ஒன்று மஷ்ஹதின் அபூமொஸ்லம். இமாம் ரேசாவின் அடக்கத்தலம் இருப்பதால் ஆண்டு முழுவதும் யாத்ரீகர்கள் வந்துபோகும் மஷ்ஹத், ஈரானின் இரண்டாவது பெரிய நகரம். அதன் கால்பந்து அடையாளமாக நெடுங்காலம் விளங்கிய அபூமொஸ்லம், 2009–10 பருவத்தில் முதல்நிலை லீக்கிலிருந்து கீழிறக்கப்பட்டது. பிறகு அங்கே திரும்பவே இல்லை. கலத்பரி அதற்கு முன்பே இஸ்பகானுக்குப் போய்விட்டார்.

லீக்கின் அமைப்பு

ஈரானில் நாடு தழுவிய முதல் லீக், தக்தே ஜம்ஷீத் கோப்பை என்ற பெயரில் 1973இல் தொடங்கியது. 1979 புரட்சியும் அதைத் தொடர்ந்த ஈராக் போரும் அதை முடக்கின. 1991இல் ஆசாதெகான் லீக் வந்தது. ஆட்டக்காரர்கள் முழுநேரத் தொழிலாக ஆடும் லீக் 2001இல் 14 அணிகளோடு தொடங்கியது. முதல் பருவத்தின் கோப்பையை பெர்செபோலிஸ் வென்றது. இப்போது பாரசீக வளைகுடா லீக் என அழைக்கப்படுவது இதுவே. 2007–08 முதல் ஆறு பருவங்கள் 18 அணிகளோடு நடந்து, 2013–14 முதல் 16 அணிகளாகச் சுருங்கியது. கலத்பரி ஸோப் ஆஹனில் ஆடிய ஆண்டுகள் பெரும்பாலும் அந்த 18 அணிக் காலத்தில் அடங்கும். பருவத்துக்கு 34 லீக் ஆட்டங்கள். அவற்றோடு ஹஸ்ஃபி கோப்பை எனும் உள்நாட்டு நாக்-அவுட் போட்டி, ஆசியப் போட்டிகள்.

இந்த லீக்கின் கிளப்களில் பலவற்றை நடத்துவோர் ஆலைகளும் அரசு சார்ந்த நிறுவனங்களும் ஆவர். ஸோப் ஆஹன், இஸ்பகான் எஃகு ஆலையின் கிளப். அதே நகரத்துச் செபாகான், மொபாரக்கே எஃகு ஆலையுடையது. அஹ்வாஸின் ஃபூலாத், கூசெஸ்தான் எஃகு ஆலையுடையது. மெஸ் கெர்மான் தாமிரத் தொழிலோடும், சைபா, பைகான் ஆகியவை கார் தயாரிப்போடும், ஆபாதானின் சனஅத் நஃப்த் எண்ணெய்த் தொழிலோடும் பிணைந்தவை. தெஹ்ரானின் இரு பெரிய கிளப்களான பெர்செபோலிஸும் எஸ்தேக்லாலும் நெடுங்காலம் விளையாட்டு அமைச்சகத்தின் கையில் இருந்தன; 2024இல்தான் அவை முறையே ஒரு வங்கிக் கூட்டமைப்புக்கும் பாரசீக வளைகுடா பெட்ரோகெமிக்கல் நிறுவனத்துக்கும் மாறின.

ஸோப் ஆஹன் காலம்

ஸோப் ஆஹன் எஃகு ஆலை, 1960களில் சோவியத் ஒன்றியத்தோடு செய்துகொண்ட உடன்பாட்டின்படி எழுப்பப்பட்டது. அதன் தொழிலாளர்களுக்காக இஸ்பகானுக்குத் தென்மேற்கே ஃபூலாத்ஷஹ்ர் என்ற புதுநகரம் உருவானது. கிளப் தன் உள்ளூர் ஆட்டங்களை ஆடுவது அந்த நகரத்து அரங்கில்தான். ஒரு லட்சம் பேரை நிரப்பிய தெஹ்ரானின் ஆசாதி அரங்கோடு ஒப்பிட்டால் இது மிகச் சிறியது. இஸ்பகானுக்குள்ளேயே செபாகானுக்குத்தான் ரசிகர் பலம் அதிகம்.

அப்படிப்பட்ட கிளப் 2000களின் பிற்பகுதியில் ஈரானின் முன்னணி அணிகளில் ஒன்றாக உயர்ந்தது. பயிற்சியாளர் மன்சூர் இப்ராஹிம்சாதே. கோல் அடிக்கப் பிரேசிலைச் சேர்ந்த இகோர் காஸ்ட்ரோ. பக்கவாட்டில் வேகம் சேர்க்கக் கலத்பரி. 2008–09 பருவம் இந்த அணியின் எழுச்சிக்கும் ஏமாற்றத்துக்கும் ஒருசேரச் சாட்சி. கடைசி நாளுக்கு ஸோப் ஆஹன் மூன்று புள்ளிகள் முன்னிலையோடு வந்தது. அஹ்வாஸில் ஃபூலாதோடு சமன் செய்திருந்தாலே முதல் லீக் கோப்பை கைக்கு வந்திருக்கும். ஆட்டம் 4–1 எனத் தோல்வியில் முடிந்தது. அதே நாளில் எஸ்தேக்லால் வென்று 66 புள்ளிகளில் சமமாகி, கோல் வித்தியாசத்தில் கோப்பையைத் தட்டிச் சென்றது. அந்தப் பருவத்தின் ஹஸ்ஃபி கோப்பை ஸோப் ஆஹனுக்குக் கிடைத்தது ஓரளவு ஆறுதல்.

அடுத்த பருவத்திலும் ஸோப் ஆஹனுக்கு இரண்டாமிடம்தான். இம்முறை கோப்பை அதே நகரத்துச் செபாகானுக்குப் போனது. 2010–11இல் மூன்றாமிடம். மூன்று பருவங்கள் தொடர்ந்து முதல் மூன்று இடங்களுக்குள் நின்ற அந்த அணி, லீக் கோப்பையை மட்டும் தொடவில்லை.

2010 ஆசிய சாம்பியன்ஸ் லீக்

லீக்கில் பெற்ற இடம் ஸோப் ஆஹனுக்கு ஆசிய சாம்பியன்ஸ் லீக்கின் கதவைத் திறந்தது. 2010 போட்டியில் சவூதியின் அல் இத்திஹாத், உஸ்பெகிஸ்தானின் புன்யோத்கோர், அமீரகத்தின் அல் வஹ்தா ஆகியவற்றோடு ஒரே குழுவில் ஆடி முதலிடம் பிடித்தது. அல் இத்திஹாத் 2004, 2005 ஆகிய ஆண்டுகளின் ஆசிய சாம்பியன். புன்யோத்கோரோ பெரும் பணம் கொட்டிப் பிரேசிலின் ரிவால்டோவையே வரவழைத்திருந்த அணி.

அடுத்த சுற்றில் சொந்த நாட்டு மெஸ் கெர்மானை 1–0 என வென்றது. காலிறுதியில் நடப்புச் சாம்பியனான தென்கொரியாவின் போஹாங் ஸ்டீலர்ஸ் எதிர்ப்பட்டது. அதுவும் எஃகு நிறுவனத்தின் கிளப்பே. உள்ளூரில் 2–1, வெளியூரில் 1–1. அரையிறுதியில் ரியாத்தின் அல் ஹிலாலை இரு ஆட்டங்களிலும் 1–0 என்ற கணக்கில் வீழ்த்தியது.

இறுதியாட்டம் 2010 நவம்பர் 13 அன்று டோக்கியோ தேசிய அரங்கில் நடந்தது. எதிரணி தென்கொரியாவின் சோங்னாம். ஆஸ்திரேலியத் தற்காப்பு ஆட்டக்காரர் சாஷா ஒக்னெனோவ்ஸ்கி 29ஆம் நிமிடத்திலும், சோ பியுங் குக் 53ஆம் நிமிடத்திலும் கோல் அடிக்க, ஸோப் ஆஹன் 2–0 எனப் பின்தங்கியது. 67ஆம் நிமிடத்தில் கலத்பரி ஒரு கோலைத் திருப்பினார். அடுத்த கால்மணி நேரம் ஆட்டம் எந்தப் பக்கமும் சாயலாம் என்ற நிலை. 83ஆம் நிமிடத்தில் கிம் சோல் ஹோ மூன்றாவது கோலை அடித்து அந்த நம்பிக்கையை முடித்து வைத்தார். 2007இல் செபாகானுக்கு அடுத்து, ஆசிய சாம்பியன்ஸ் லீக் இறுதிவரை சென்ற இரண்டாவது ஈரானியக் கிளப் ஸோப் ஆஹன். இரண்டுமே இஸ்பகான் அணிகள்; இரண்டுமே தோற்றன.

பிற கிளப்கள்

ஸோப் ஆஹனை விட்ட பிறகுதான் கலத்பரியின் ஊர் மாறும் காலம் முழு வேகம் எடுத்தது. அதே நகரத்து எதிர்க் கிளப்பான செபாகானுக்கும் இவர் ஆடினார். வெளிநாட்டுக் கிளப்களில் ஆடுவோரை ஈரானிய ரசிகர்கள் ‘லெஜியோனேர்’ என்பார்கள். வளைகுடாவில் ஆடிய நாட்களில் கலத்பரிக்கும் அந்தப் பட்டம் உண்டு. ஈரானியர்கள் இப்படி வளைகுடாவுக்குப் போக ஆசியக் கால்பந்துக் கூட்டமைப்பின் ஒரு விதி துணை நின்றது. 2009 முதல், ஒரு கிளப் தன் மூன்று வெளிநாட்டு ஆட்டக்காரர்களுக்கு மேல் ஆசிய நாடு ஒன்றைச் சேர்ந்த இன்னொருவரையும் களமிறக்கலாம் என்றானது. அந்த நான்காவது இடத்துக்கு வளைகுடாக் கிளப்கள் ஈரானியர்களைத் தேடின. விமானத்தில் சில மணி நேரப் பயணம், உள்நாட்டைவிட நல்ல சம்பளம் என்பதால் ஆட்டக்காரர்களும் தயங்கவில்லை.

2013–14 பருவத்தில் தெஹ்ரானின் பெர்செபோலிஸுக்கு ஆடினார். பயிற்சியாளர், ஈரானின் புகழ்பெற்ற கோல் வேட்டைக்காரர் அலி டாயி. அப்பருவமும் கடைசி நாள்வரை நீடித்தது. கோப்பை ஃபூலாதுக்குப் போக, பெர்செபோலிஸ் இரண்டாமிடத்தில் முடித்தது. ஐந்து ஆண்டுகளுக்கு முன் கடைசி நாளில் ஸோப் ஆஹனின் கனவைக் கலைத்ததும் இதே ஃபூலாத்தான். ஆக, 2008–09, 2009–10, 2013–14 ஆகிய மூன்று பருவங்களில் கலத்பரி ஆடிய அணி லீக்கில் இரண்டாவதாக வந்திருக்கிறது.

தேசிய அணி

கத்தாரில் நடந்த 2011 ஆசியக் கோப்பையில் அஃப்ஷின் கோத்பி பயிற்சியளித்த ஈரான் அணியில் கலத்பரி இருந்தார். குழுச் சுற்றில் ஈராக், வடகொரியா, அமீரகம் மூன்றையும் வென்ற அந்த அணி, காலிறுதியில் தென்கொரியாவிடம் கூடுதல் நேரத்தில் 1–0 எனத் தோற்றது. பிறகு போர்ச்சுகலின் கார்லோஸ் கெய்ரோஸ் பொறுப்பேற்றார்.

2014 உலகக் கோப்பைக்கான ஆசியக் கடைசித் தகுதிச் சுற்றில் ஈரானின் முதல் ஆட்டம் 2012 ஜூன் 3 அன்று தாஷ்கந்தில் நடந்தது. உஸ்பெகிஸ்தானின் சொந்த மண்ணில் கோல் எதுவும் விழாமல் 90 நிமிடம் கடந்தது. நடுவர் சேர்த்துக் கொடுத்த நேரத்தில் கலத்பரி கோல் அடிக்க, ஈரான் 1–0 என வென்றது. முதல் ஆட்டம் என்பதால் அன்று அதன் மதிப்பு யாருக்கும் முழுதாக விளங்கியிருக்காது. கணக்கு ஓராண்டு கழித்துத் தெளிந்தது. குழு முடிவில் ஈரான் 16, தென்கொரியா 14, உஸ்பெகிஸ்தான் 14 புள்ளிகள். முதல் இரு அணிகளுக்கே நேரடி இடம். தாஷ்கந்த் ஆட்டம் சமனில் முடிந்திருந்தால் உஸ்பெகிஸ்தான் 15 புள்ளிகளோடு முதலிடம் போயிருக்கும். ஈரானும் தென்கொரியாவும் 14இல் சமமாகி, ஒரு கோல் வித்தியாசத்தில் ஈரான் மூன்றாமிடத்துக்குச் சரிந்து, கூடுதல் தகுதி ஆட்டங்களுக்குள் தள்ளப்பட்டிருக்கும். நிஜத்தில் அந்த வழியில் போக நேர்ந்த உஸ்பெகிஸ்தான் ஜோர்டானிடம் பெனால்டி உதையில் தோற்று வெளியேறியது.

2013 ஜூனில் லெபனானை 4–0 என வென்ற ஆட்டத்திலும் முதல் கோல் கலத்பரியுடையதே. ஒரு வாரம் கழித்து உல்சானில் தென்கொரியாவை 1–0 என வென்று ஈரான் பிரேசிலில் நடந்த உலகக் கோப்பைக்கு இடம் உறுதி செய்தது. ஆனால் 2014இல் கெய்ரோஸ் அறிவித்த இறுதிப் பட்டியலில் முன்களத்துக்கும் பக்கவாட்டுக்கும் ஐரோப்பாவில் ஆடிவந்த அஷ்கான் டெஜாகா, மசூத் ஷொஜாயி, இளைஞர் அலிரேசா ஜஹான்பக்ஷ் போன்றோர் இருந்தனர். முப்பதை எட்டிய, உள்நாட்டில் ஆடிய கலத்பரிக்கு இடம் கிடைக்கவில்லை.

ஊர் மாறும் ஆட்டக்காரர்கள்: பின்னணி

ஈரானில் இப்படிக் கிளப் மாறுவது ஒருவரின் தனிப்பட்ட சஞ்சலத்தால் மட்டும் நிகழ்வதில்லை. கிளப்பின் நிதி, ஆலையின் லாபத்தையும் அதன் நிர்வாக இயக்குநரின் ஆர்வத்தையும் சார்ந்தது. நிர்வாகம் மாறினால் பயிற்சியாளர் மாறுவார். பயிற்சியாளர் மாறினால் அவருக்குப் பழக்கமான ஆட்டக்காரர்கள் பின்னாலேயே வருவார்கள். லீக்கில் விளையாடும் உரிமையே சில சமயம் கைமாறும். தெஹ்ரானின் பழம்பெரும் பாஸ் கிளப்பின் இடம் 2007இல் ஹமெதானுக்குப் போனது. சபா பேட்டரி கோம் நகரத்துக்குக் குடிபெயர்ந்தது. ஆட்டக்காரர் இடம் மாறாமல் இருந்தாலும் அவருடைய கிளப் மாறிவிடலாம்.

கட்டாய இராணுவச் சேவை மற்றொரு காரணம். இளம் ஆட்டக்காரர்கள் பலர் அந்தக் காலத்தைப் படைகளோடு தொடர்புள்ள கிளப்களில் கழிக்கிறார்கள். கடற்படையோடு தொடர்புள்ள அன்சலியின் மலவான், புரட்சிக் காவல் படையோடு தொடர்புள்ள ஷிராஸின் ஃபஜ்ர் செபாசி ஆகியவை இப்படி ஆட்டக்காரர்களைப் பெற்றவை. சேவை முடிந்ததும் பழைய கிளப்புக்குத் திரும்புவோரும் உண்டு. வேறு இடம் தேடுவோரும் உண்டு.

இதில் விங்கரின் நிலை இன்னும் இளகியது. அவருடைய மூலதனம் வேகம். அது வயதோடு முதலில் குறைவதும் கூட. பக்கவாட்டு ஆட்டத்தை விரும்பும் பயிற்சியாளர் போய், நடுவில் நெருக்கி ஆட வைப்பவர் வந்தால் முதலில் உட்கார வைக்கப்படுபவரும் அவரே. ஈரானின் தலைசிறந்த விங்கராகப் பலரும் கருதும் மெஹ்தி மஹ்தவிகியாவே 1998 முதல் பன்னிரண்டு ஆண்டுகள் ஜெர்மனியின் போகம், ஹாம்பர்க், ஃபிராங்ஃபர்ட் கிளப்களில் ஆடிவிட்டு 2010இல் நாடு திரும்பியபின், ஸ்டீல் ஆசின், தமாஷ், பெர்செபோலிஸ் என மூன்று ஆண்டுகளில் மூன்று கிளப்களுக்கு ஆடி ஓய்வு பெற்றார்.

மதிப்பீடு

கோப்பைகளை மட்டும் எண்ணிக் கலத்பரியை எடைபோட முடியாது. ஸோப் ஆஹன் காலத்தில் ஒரு ஹஸ்ஃபி கோப்பை, ஆசிய சாம்பியன்ஸ் லீக்கில் ஓர் இரண்டாமிடம், லீக்கில் கைக்கெட்டி நழுவிய வாய்ப்புகள் என்பதே அந்த ஆண்டுகளின் கணக்கு. பெரிய ரசிகர் கூட்டமில்லாத ஓர் ஆலைக் கிளப் ஆசியாவின் இறுதியாட்டம்வரை சென்றதில் அவர் பங்கு பதிவானது. ஈரானின் 2014 உலகக் கோப்பைப் பயணத்தைப் பேசும்போது உல்சானின் வெற்றி கோலை அடித்த ரேசா குச்சன்நெஜாதின் பெயர் முதலில் வரும். புள்ளிப் பட்டியலைக் கூட்டிக் கழித்துப் பார்ப்பவர்கள் அதற்கு ஓராண்டு முந்தைய தாஷ்கந்த் கோலையும் அதே வரிசையில் வைப்பார்கள்.