சூளைக்குச் சென்ற பாதிரியார்

1739ஆம் ஆண்டு இங்கிலாந்து நாட்டில் இரு நிகழ்ச்சிகள் நடந்தன. ஒன்று, இலண்டன் மாநகரின் புத்தகக் கடையிலே. மற்றொன்று, பிரிஸ்டல் நகரை ஒட்டிய ஒரு செங்கற்சூளையிலே.

புத்தகக் கடைக்கு வந்தது, டேவிட் ஹியூம் எனும் 27 வயது இளைஞர் தீட்டிய நூல். மனித இயல்பை ஆராய்ந்த நூல். காரணம் என்றும் காரியம் என்றும் நாம் பேசுவதன் பொருள் என்ன, நம்பிக்கை என்பது நெஞ்சிலே எவ்விதம் பிறக்கிறது என்று வேரைத் தோண்டிப் பார்த்த நூல். ஐரோப்பியச் சிந்தனையைப் பின்னாளில் உலுக்கிய அந்த ஏடு, வெளிவந்தபோது சீந்துவாரற்றுக் கிடந்தது. பிறந்த குழந்தை அழக்கூட இல்லையே என்னும் பாங்கில், ஆசிரியரே பிற்காலத்தில் அதை எண்ணி நொந்து எழுதினார்.

செங்கற்சூளைக்கு வந்தவர் ஜான் வெஸ்லி. 35 வயதுப் பாதிரியார். ஏப்ரல் 2ஆம் நாள் பிற்பகல், அங்கிருந்த சிறு மேட்டில் ஏறி நின்று பேசினார். கேட்டவர்கள் ஏறத்தாழ 3,000 பேர் என்று தம் நாட்குறிப்பில் எழுதிவைத்தார்.

ஆராய்ச்சி நூல் அடுக்கிலே உறங்கிற்று. பக்திப் பேச்சு பல்லாயிரவரைத் திரட்டிற்று. ஏன்? "மக்கள் அறியாதவர்கள்; ஆகவே மதத்தின் பக்கம் ஓடினார்கள்" என்று கூறிவிட்டுக் கையை உதறிக்கொள்வது எளிது. ஆனால் அது விளக்கமன்று, வசை. மக்களை வைதுவிட்டு மக்களுக்குப் பணியாற்ற எவராலும் இயலாது. எனவே அந்தப் பாதிரியார் சென்ற வழியை ஆராய்வோம். அவர் கொண்டு சென்ற சரக்கையும் சோதிப்போம். வழி வேறு, சரக்கு வேறு என்பதை மறவாமல் சோதிப்போம்.

அந்நாளில் இங்கிலாந்தின் திருச்சபை அரசாங்கத்தின் திருச்சபை. பிஷப்புகள் பிரபுக்கள் சபையில் அமர்ந்தனர். உழவனின் விளைச்சலில் பத்தில் ஒரு பங்கு பாதிரியாருக்கு உரியது. அதைக் கேட்டுப் பெறச் சட்டம் துணை நின்றது. ஒரே பாதிரியார் பல ஊர்களின் வருமானத்தைப் பெற்று, அவற்றில் சில ஊர்களை எட்டியும் பாராதிருந்தது உண்டு. தேவாலயத்தினுள்ளே செல்வர் குடும்பங்களுக்குத் தனி இருக்கைகள். ஏழைக்குப் பின்புறத்து மூலை. ஆண்டவன் சந்நிதியில் அனைவரும் சமம் என்று பேசப்பட்டது. ஆசனத்தில் மட்டும் சமம் இல்லை!

பிரிஸ்டலை அடுத்த கிங்ஸ்வுட் பகுதியில் நிலக்கரித் தொழிலாளர் வாழ்ந்தனர். பூமிக்கடியில் வெந்து, கரிபூசிய முகத்துடன் மேலே வந்து, மதுக்கடையில் கூலியைக் கரைத்து, மறுநாள் மீண்டும் குழிக்குள் இறங்கியவர்கள். நாகரிகச் சீமான்கள் அவர்களைக் காட்டுமிராண்டிகள் என்றனர். பள்ளி அவர்களை நாடவில்லை, தேவாலயம் தேடவில்லை, அறிஞர் உலகம் அவர்கள் இருப்பதையே அறியவில்லை.

அந்த மக்களிடம் முதலில் சென்றவர் ஜார்ஜ் ஒயிட்ஃபீல்டு எனும் இளம் பாதிரியார். அது 1739 பிப்ரவரியில். அவர் அழைத்ததன் பேரிலேயே வெஸ்லி பிரிஸ்டலுக்கு வந்தார். வெஸ்லி கிளர்ச்சிக்காரர் அல்லர். எப்வொர்த் எனும் சிற்றூரில் 1703இல் பாதிரியாரின் மகனாகப் பிறந்தவர். ஆக்ஸ்ஃபோர்டில் பயின்று, 1728இல் குருப்பட்டம் பெற்றவர். அங்கு அவரும் தோழர்களும் நேரம் வகுத்து நோன்பிருந்து, செபித்து, சிறைக்கைதிகளைக் காணச் சென்றதைக் கண்டு, ஏனைய மாணவர்கள் 'முறைக்காரர்' என்னும் பொருளில் 'மெதடிஸ்ட்' என்று கேலி பேசினர். கேலிப்பெயரே இயக்கத்தின் பெயராக நிலைத்தது. 1736இல் அமெரிக்காவின் ஜார்ஜியா குடியேற்றத்துக்குச் சமயப் பணியாற்றச் சென்று, பகை தேடிக்கொண்டு, தோல்வியுடன் திரும்பினார். 1738 மே 24 அன்று இலண்டனில் ஒரு சிறு கூட்டத்தில் லூதரின் எழுத்தைப் படிக்கக் கேட்டபோது, தம் பாவம் மன்னிக்கப்பட்டது என்ற உறுதி உள்ளத்தில் பிறந்ததாக எழுதினார்.

தேவாலயத்துக்கு வெளியே உபதேசம் செய்வதே ஏறக்குறைய பாவம் என்று எண்ணியிருந்த ஆசாரசீலர் அவர். அவரையே வெட்டவெளிக்கு இழுத்து வந்தது எது? மூடப்பட்ட கதவுகள்! பிரசங்க மேடைகள் ஒவ்வொன்றாக அவருக்கு மறுக்கப்பட்டன. பிரிஸ்டல் பிஷப்பாக இருந்த ஜோசப் பட்லர், பகுத்தறிவாளருக்கு மறுப்பு நூல் எழுதிப் புகழ் பெற்ற மேதை. அவரும் வெஸ்லியை அழைத்து, என் எல்லையில் பேச உமக்கு உரிமையில்லை என்றார். உலகம் முழுவதுமே தம் பங்கு என்பது வெஸ்லியின் எண்ணம். 1742இல் சொந்த ஊரான எப்வொர்த்திலும் தந்தையார் பேசிய மேடை அவருக்குக் கிடைக்கவில்லை. கல்லறைத் தோட்டத்தில், தந்தையின் சமாதிக் கல்லின் மீது ஏறி நின்று பேசினார்.

பேச்சு மட்டுமே இயக்கமாகிவிடுவதில்லை. கூட்டம் கலையும், கேட்டது மறக்கும். வெஸ்லியின் திறமை, கலையும் கூட்டத்தைக் கலையாத அமைப்பாக மாற்றியதில் இருக்கிறது.

பிரிஸ்டலில் எழுப்பிய கூட்ட மண்டபத்துக்குக் கடன் இருந்தது. அடைப்பது எப்படி? 1742இல் உறுப்பினர் ஒருவர் வழி கூறினார்: ஆளுக்கு வாரம் ஒரு பென்னி. ஏழைகள் பென்னிக்கு எங்கே போவார்கள் என்று கேட்டனர். பதினோரு பேரை என்னிடம் ஒப்படையுங்கள். வாரந்தோறும் அவர்கள் வீட்டுக்குச் செல்கிறேன். கொடுக்க முடியாதவர் பங்கை நான் கொடுக்கிறேன் என்றார் அவர். கடனடைக்கப் பிறந்த ஏற்பாடு, வகுப்பு எனும் அமைப்பாக வளர்ந்தது. பன்னிரண்டு பேருக்கு ஒரு தலைவர், வாரந்தோறும் கூட்டம், மூன்று மாதத்துக்கு ஒருமுறை உறுப்பினர் சீட்டு. தலைவர் என்றால் பிரபு அல்லர். செருப்புத் தைப்பவர், நெசவாளர், சுரங்கத் தொழிலாளி. நூறு ஆண்டுகளாக எவரும் கருத்துக் கேளாத மனிதன், பத்துப் பேர் நடுவே எழுந்து நின்று வாய் திறந்தான்!

பட்டம் பெறாதவர்களும் உபதேசிகளாயினர். ஜான் நெல்சன் யார்க்ஷயரின் கல் கொத்தர். 1761 முதல் சாரா கிராஸ்பி எனும் அம்மையார் கூட்டங்களில் பேசவும் வெஸ்லி இணங்கினார். மலிவு விலைத் துண்டு நூல்களை ஆயிரக்கணக்கில் அச்சிட்டார். கற்றோர் மெச்சும் நடையை வேண்டுமென்றே விலக்கி, எளிய மக்களுக்கு எளிய சொல் என்பதைக் கொள்கையாகக் கொண்டார். வீட்டு மருத்துவ நூல் எழுதினார். மின்சாரத்தைச் சிகிச்சைக்குப் பயன்படுத்தவும் முயன்றார். ஐம்பது ஆண்டுகளில், பெரும்பாலும் குதிரை மீது, இரண்டரை இலட்சம் மைல் பயணம், 40,000 பிரசங்கம் என்று கணக்கிடுவர்.

எதிர்ப்பும் இல்லாமலில்லை. 1743இல் வென்ஸ்பரி வட்டாரத்தில் மெதடிஸ்டுகளின் வீடுகள் சூறையாடப்பட்டன. வெஸ்லியைப் பிடித்த கும்பல், இரவில் ஒரு நீதிபதியின் வீட்டிலிருந்து மற்றொரு நீதிபதியின் வீட்டுக்கு இழுத்துச் சென்றது. இருவருமே உறங்கச் சென்றுவிட்டதாகக் கூறி வெளியே வரவில்லை. அடியைத் தாங்கிக்கொண்டு, மறுமுறையும் அதே ஊருக்குச் சென்றார் வெஸ்லி. அந்த உறுதியை மதிக்க மறுப்பது நேர்மையாகாது.

வழி இது. சரக்கு எது?

1755 நவம்பர் முதல் நாள் லிஸ்பன் நகரைப் பூகம்பம் தாக்கிற்று. பண்டிகை நாள், தேவாலயங்களில் திரண்டிருந்தோர் இடிபாட்டில் மாண்டனர். கருணைக் கடவுளின் உலகில் இது எப்படி நேர்ந்தது என்று வால்ட்டேர் கவிதையில் கேட்டார். வெஸ்லியோ, இயற்கைக் காரணங்கள் போதா, இது ஆண்டவனின் தீர்ப்பு என்று துண்டு நூல் எழுதினார். சூனியக்காரியைத் தண்டிக்கும் பழைய சட்டத்தை இங்கிலாந்துப் பாராளுமன்றமே 1736இல் ஒழித்துவிட்டது. 32 ஆண்டு கழித்து, 1768இல், சூனியத்தைக் கைவிடுவது விவிலியத்தையே கைவிடுவதாகும் என்று நாட்குறிப்பில் எழுதினார் அந்த ஆக்ஸ்ஃபோர்டுப் பட்டதாரி. கிங்ஸ்வுட்டில் அவர் நிறுவிய பள்ளியில் பிள்ளைகள் காலை நான்கு மணிக்கு எழ வேண்டும், விளையாட்டு கிடையாது, விடுமுறை கிடையாது.

அரசியலில்? ஆட்சியதிகாரம் மக்களிடமிருந்து பிறப்பதன்று, ஆண்டவனிடமிருந்து வருவது என்று 1772இல் எழுதினார். அமெரிக்கக் குடியேற்ற மக்கள் உரிமை கேட்டபோது, 1775இல், மன்னனுக்கு அடங்குக என்று அறிவுரை வெளியிட்டார். அதன் பெரும்பகுதி சாமுவேல் ஜான்சனின் நூலிலிருந்து சொல்லாமல் எடுத்தது. ஒன்றில் மட்டும் காலத்தை முந்தி நின்றார்: 1774இல் அடிமை வாணிபத்தைக் கண்டித்து நூல் எழுதினார், சாவதற்கு ஆறு நாள் முன்பு, 1791 பிப்ரவரி 24 அன்று, அந்த வாணிபத்தை எதிர்த்துப் போராடிய வில்பர்ஃபோர்ஸுக்கு ஊக்கமூட்டி மடல் வரைந்தார். கறுப்பு மனிதனின் விலங்கைக் கண்டு கொதித்த உள்ளம், சுரங்கத் தொழிலாளியின் வாக்குரிமையை எண்ணவில்லை.

ஆகவே நாம் கேட்கலாம்: வழியை அவர் கண்டுபிடித்தாரே, அதே வழியில் அறிவை ஏன் எவரும் கொண்டு செல்லவில்லை? ஹியூம் ஏன் சூளைக்குச் செல்லவில்லை?

அறிஞர்களின் ஒதுங்கி வாழும் மனப்பான்மை ஒரு காரணம். மற்றொன்று, சட்டம். அற்புதங்களை நம்ப இயலாது என்று 1748இல் ஹியூம் எழுதினார், கற்றோருக்கான நடையில் எழுதினார், வழக்கு வரவில்லை. பீட்டர் அனெட் எனும் பள்ளி ஆசிரியர், 1761இல் ஓர் இதழ் நடத்தி, மோசே பற்றிய கதைகளை எளிய மொழியில் கேள்விக்குள்ளாக்கினார். என்ன நடந்தது? எழுபது வயதை நெருங்கிய அந்த முதியவரைத் தண்டனைக் கட்டையில் நிற்கவைத்து, ஓராண்டுக் கடுங்காவலும் விதித்தனர். ஆளுவோர் அஞ்சியது கருத்தைக் கண்டு மட்டுமன்று. கருத்து மக்கள் மொழியில் இறங்கி வருவதைக் கண்டு! கீழ்ப்படியச் சொன்ன பாதிரியாரைக் கும்பல் அடித்தது. சிந்திக்கச் சொன்ன ஆசிரியரை அரசாங்கமே அடித்தது.

1791 மார்ச் 2 அன்று வெஸ்லி மறைந்தார். பிரிட்டனில் அவர் இயக்கத்தில் அப்போது சுமார் 70,000 உறுப்பினர்கள். பின்னர் 1814இல் இலங்கைக்கும் 1817இல் சென்னைக்கும் அவர் வழிவந்த பாதிரிமார் வந்து சேர்ந்தனர். அவர் மறைந்த அதே மார்ச் மாதத்தில்தான் தாமஸ் பெயினின் 'மனிதனின் உரிமைகள்' நூலின் முதற்பகுதி இலண்டனில் விற்பனைக்கு வந்தது. அது எளிய மொழியில் எழுதப்பட்டிருந்தது. விரைவில் மலிவுப் பதிப்பும் வந்தது. மக்களிடம் செல்லும் வழியில் அறிவு நடைபோடத் தொடங்கிற்று! 1792 ஜனவரியில் தாமஸ் ஹார்டி எனும் செருப்புத் தொழிலாளி இலண்டனில் வாக்குரிமைச் சங்கம் ஒன்றைத் தொடங்கினார். சந்தா வாரம் ஒரு பென்னி.

அதே ஆண்டில் மெதடிஸ்ட் மாநாடு என்ன செய்தது? அரசாங்கத்தைப் பற்றி எவரும் இழிவாகப் பேசவோ எழுதவோ கூடாது என்று விதி செய்தது. திருச்சபையினுள்ளேயே மக்களாட்சி கேட்ட அலெக்சாந்தர் கில்ஹம் எனும் உபதேசி 1796இல் வெளியேற்றப்பட்டார். பிரிந்து சென்றவர்களுக்கு எதிரிகள் சூட்டிய பெயர் 'டாம் பெயின் மெதடிஸ்டுகள்'.

பேசக் கற்றவனைப் பிறகு ஊமையாக்குவது எளிதன்று. 1834இல் டால்படில் எனும் சிற்றூரின் ஆறு உழவுத் தொழிலாளர், கூலிக் குறைப்பை எதிர்க்கச் சங்கம் அமைத்ததற்காக, ஏழாண்டு நாடுகடத்தப்படத் தண்டிக்கப்பட்டனர். அவர்களின் தலைவர் ஜார்ஜ் லவ்லஸ், மெதடிஸ்ட் உபதேசி! 1840இல் சாசன இயக்கத்தார் நாடு தழுவிய சங்கம் அமைத்தபோது, பத்துப் பேர் கொண்ட வகுப்பையும் வகுப்புத் தலைவரையும் எடுத்துக்கொண்டனர். வாக்குரிமை கேட்க எடுத்துக்கொண்டனர். டால்படில் வழக்கு நடந்த டார்செஸ்டர் நகரின் சிறையிலேதான், பெயினின் பகுத்தறிவு நூலை அச்சிட்டு விற்ற குற்றத்துக்காக ரிச்சர்டு கார்லைல் 1819 முதல் ஆறு ஆண்டு கிடந்தார். மனைவி கடையை நடத்தினார். அவரும் சிறை புகுந்தார். தங்கை வந்தார், அவரும் சிறை புகுந்தார். கடை ஊழியர் ஒருவர் பின் ஒருவராகச் சிறை புகுந்தனர். நூல் விற்பனை நிற்கவில்லை.

மெதடிசம்தான் இங்கிலாந்தில் புரட்சி வெடிக்காமல் தடுத்தது என்றார் ஃபிரெஞ்சு வரலாற்றாசிரியர் எலி அலெவி. தொழிலாளியின் உணர்ச்சியை ஆலை முதலாளிக்கு ஏற்றவாறு அடக்கிப் பழக்கியது அது என்று 1963இல் கடுமையாக எழுதினார் இ. பி. தாம்ப்சன். இரண்டிலும் உண்மை உண்டு. ஆயினும் கில்ஹமும் லவ்லஸும் அதே தொட்டிலில் வளர்ந்தவர்கள் என்பதும் உண்மை.

வெஸ்லியின் நம்பிக்கைகளில் பலவற்றைக் காலம் கழித்துவிட்டது. பூகம்பத்தின் காரணம் பூமிக்குள்ளே இருப்பதைப் பள்ளிச் சிறுவனும் அறிவான். ஆனால் அவர் நாள்தோறும் செய்த வேலை இருக்கிறதே, கதவு மூடினால் வெளியே நிற்பது, பதினோரு பேர் வீட்டுக்கு வாரந்தோறும் நடப்பது, இல்லாதவன் பென்னியைத் தான் கொடுப்பது, கற்றவன் மெச்ச அல்ல, கல்லாதவன் கேட்க எழுதுவது, இவை எந்த மதத்தின் தனியுடைமையும் அல்ல. அறிவு தானாக நடந்து எவர் வீட்டுக்கும் போய்விடாது. தூக்கிச் செல்ல ஆள் வேண்டும். கார்லைல் கடையின் ஊழியர்கள் அதைத்தான் செய்தார்கள். சூளைகளும் குடிசைகளும் எந்த நாட்டிலும் தீர்ந்துவிடவில்லை. அங்கே இன்று மாலை யார் போய்ப் பேசப் போகிறார்கள் என்பதே நம்மைப் பொறுத்த கேள்வி.