வில்லியம்ஸ், லூசிண்டா (1953 – )

லூசிண்டா வில்லியம்ஸ் அமெரிக்காவின் தென்பகுதியைச் சேர்ந்த பாடகி. தன் பாடல்களைத் தானே எழுதி, தானே மெட்டமைத்து, கிட்டாருடன் பாடுபவர். 1953 ஜனவரி 26 அன்று லூசியானா மாநிலத்தின் லேக் சார்ல்ஸ் நகரில் பிறந்தார். கன்ட்ரி, ப்ளூஸ், ஃபோக், ராக் என்ற நான்கும் கலக்கும் ‘அமெரிக்கானா’ இசைக்கு வழிவகுத்தவர்களில் ஒருவராக இன்று எண்ணப்படுகிறார். அவரைப் பற்றி எழுதுவோர் வழக்கமாகச் சொல்லும் கதை ஒன்று உண்டு. திறமை இருந்தது, ஆனால் எதிலும் திருப்தியடையாத பிடிவாதமும் இருந்தது, அதனால் ஓர் ஆல்பத்துக்கும் அடுத்ததற்கும் இடையே ஆண்டுகள் ஓடின, 45 வயதில்தான் பெரும்புகழ் வந்தது என்பார்கள். இந்தக் கதையில் ஆண்டுக் கணக்கு சரி, காரணம்தான் தவறு. அவருடைய தாமதத்தில் பெரும்பங்கு, இசையைத் தட்டு தட்டாகப் பிரித்து விற்ற ஒரு வணிகத்தில் அவரை எந்தத் தட்டில் வைப்பது என்று யாருக்கும் விளங்காமல் போனதால் வந்தது. அவருடைய பணிவாழ்க்கையை வரிசையாகப் பார்த்தால் இது புலப்படும்.

தந்தை மில்லர் வில்லியம்ஸ் கவிஞர், இலக்கியப் பேராசிரியர். 1997 ஜனவரியில் பில் கிளின்டன் இரண்டாம் முறை பதவியேற்றபோது மேடையில் கவிதை வாசித்தவர் அவர்தான். தாய் பியானோ வாசிப்பார். பெற்றோர் பிரிந்தபின் பிள்ளைகள் தந்தையிடம் வளர்ந்தார்கள். பேராசிரியர் வேலை ஊர் ஊராக இழுத்தது: மிசிசிப்பியின் ஜாக்சன், ஜார்ஜியாவின் மேகன், லூசியானாவின் பேட்டன் ரூஜ், நியூ ஆர்லியன்ஸ், சிலியின் சாந்தியாகோ, மெக்ஸிகோ நகரம், கடைசியாக ஆர்கன்சாஸின் ஃபயட்வில். எழுத்தாளர் ஃப்ளானரி ஓகானரைப் பார்க்கத் தந்தை போனபோது, அந்த வீட்டு மயில்களைத் துரத்தி விளையாடிய சிறுமி லூசிண்டா. வீட்டில் ஹாங்க் வில்லியம்ஸின் கன்ட்ரிப் பாட்டும் ஒலித்தது, ப்ளூஸும் ஒலித்தது. (குடும்பப் பெயர் ஒன்றே தவிர ஹாங்க் உறவினர் அல்லர், அவர் இறந்த ஜனவரி முடிவதற்குள் லூசிண்டா பிறந்தார் என்பது தற்செயல்தான், ஆனாலும் ரசிகர்கள் அதை விடுவதில்லை.) 1965இல் தந்தையின் மாணவர் ஒருவர் பாப் டிலனின் ‘ஹைவே 61 ரீவிசிட்டட்’ இசைத்தட்டை வீட்டுக்குக் கொண்டுவந்தார். பன்னிரண்டு வயதுப் பெண்ணுக்கு அது ஒரு விடையாக அமைந்தது: தந்தையின் மேசையில் இருந்த கவிதையும் வானொலியில் கேட்ட நாட்டுப்பாட்டும் ஒரே பாட்டில் சேர முடியும்.

ஆனால் அந்தச் சேர்க்கைக்கு அமெரிக்க இசைவணிகத்தில் இடம் குறைவு. 1920களில் இசைத்தட்டு நிறுவனங்கள் தென்னாட்டு இசையை இரண்டு பட்டியல்களாக அச்சிட்டன. கறுப்பர்களுக்கு ‘ரேஸ்’ தட்டுகள், வெள்ளையர்களுக்கு ‘ஹில்பில்லி’ தட்டுகள். பாடியவர்களோ ஒருவரிடம் ஒருவர் கற்றவர்கள். பாட்டுகள் வேலியைத் தாண்டிப் போய்வந்தன. வேலி கடையில்தான் இருந்தது. 1949இல் பில்போர்டு இதழ் பெயர்களை மாற்றியது: ஒன்று ‘ரிதம் அண்ட் ப்ளூஸ்’ ஆனது, மற்றது ‘கன்ட்ரி அண்ட் வெஸ்டர்ன்’ ஆனது. பெயர் நாகரிகமானது, பிரிவு அப்படியே நின்றது. லூசிண்டாவின் முதல் ஆல்பத்தை இந்தப் பின்னணியில் கேட்க வேண்டும். ஜாக்சன் நகரில் பதிவாகி 1979இல் ஃபோக்வேஸ் நிறுவனம் வெளியிட்ட அதில் ப்ளூஸின் ராபர்ட் ஜான்சனும் மெம்ஃபிஸ் மின்னியும் ஒரு பக்கம், கன்ட்ரியின் கார்ட்டர் குடும்பமும் ஹாங்க் வில்லியம்ஸும் மறுபக்கம். ஒரு பாட்டும் அவருடையதல்ல. ஆனாலும் அந்தத் தேர்வே ஓர் அறிக்கை. அடுத்த ஆண்டு வந்த ‘ஹேப்பி வுமன் ப்ளூஸ்’ முழுக்கச் சொந்தப் பாடல்கள். ஆவணக் காப்பகம் போல இயங்கிய ஃபோக்வேஸுக்கு எந்தத் தட்டு என்ற கவலை இல்லை; அதனால் இரண்டு ஆண்டில் இரண்டு ஆல்பம் வந்தன. பிறகு எட்டு ஆண்டுகள் ஒன்றுமில்லை.

அந்த எட்டு ஆண்டுகளில் அவர் சும்மா இருக்கவில்லை. டெக்சஸின் ஆஸ்டினிலும் ஹூஸ்டனிலும் பாடிவிட்டு 1984 வாக்கில் லாஸ் ஏஞ்சலஸுக்குக் குடிபெயர்ந்தார். பெரிய நிறுவனம் ஒன்று மாதிரிப் பதிவு செய்யப் பணம் கொடுத்தது. பதிவைக் கேட்ட லாஸ் ஏஞ்சலஸ் அலுவலகம் ‘ராக்குக்கு இது மிகவும் கன்ட்ரி’ என்றது. கன்ட்ரி இசையின் தலைநகரான நாஷ்வில்லில் இருந்த அலுவலகம் ‘கன்ட்ரிக்கு இது மிகவும் ராக்’ என்றது. பாட்டு மோசம் என்று இரு அலுவலகமும் சொல்லவில்லை என்பதுதான் இதில் கவனிக்க வேண்டியது. கடைசியில் அவரை எடுத்துக்கொண்டது, பங்க் இசைக்குப் பெயர்பெற்ற ரஃப் டிரேட் என்ற பிரிட்டிஷ் நிறுவனம். அமெரிக்கத் தென்னாட்டின் குரலை அமெரிக்காவுக்கே வெளியிட லண்டன் பங்க்காரர்கள் வர வேண்டியிருந்தது. 1988இல் ‘லூசிண்டா வில்லியம்ஸ்’ என்ற பெயரிலேயே அந்த ஆல்பம் வந்தது.

அதற்குப் பின் நடந்தவை நம் வாதத்துக்கு வலுவான சான்று. அந்த ஆல்பத்திலிருந்து ‘த நைட்ஸ் டூ லாங்’ பாட்டைப் பேட்டி லவ்லெஸ் பாடி 1990இல் கன்ட்ரி வானொலியில் ஓடவைத்தார். ‘பாஷனேட் கிஸ்ஸஸ்’ பாட்டை மேரி சாப்பின் கார்ப்பென்டர் பாடினார். அது கன்ட்ரிப் பட்டியலில் நான்காம் இடம்வரை போனது. 1994இல் சிறந்த கன்ட்ரிப் பாடலுக்கான கிராமி, எழுதியவர் என்ற முறையில் லூசிண்டாவுக்குக் கிடைத்தது. ‘கிரெசன்ட் சிட்டி’யை எம்மிலூ ஹாரிஸும், ‘சேஞ்ச்டு த லாக்ஸ்’ பாட்டை டாம் பெட்டியும் எடுத்துக்கொண்டார்கள். ஒருவர் கன்ட்ரியின் அரசி, மற்றவர் அசல் ராக்காரர். இருவருக்கும் ஒரே ஆல்பத்தில் சரக்கு இருந்தது. ‘அப்படியானால் குறை பாட்டில் இல்லை, குரலில்தான், மெருகேறாத அந்த இழுவைக் குரல் வானொலிக்கு ஆகாது’ என்று மறுப்பு வரலாம். பாதி உண்மை. கார்ப்பென்டரின் குரல் வழவழப்பானது, லூசிண்டாவின் குரல் தொண்டையில் மண் ஒட்டியது போன்றது. ஆனால் டிலன், நீல் யங், டாம் வெயிட்ஸ் ஆகியோரின் குரலை யாரும் வழவழப்பு என்று சொன்னதில்லை. கரடுமுரடு ஆணின் தொண்டையில் இருந்தால் தனித்தன்மை, பெண்ணின் தொண்டையில் இருந்தால் குறை என்று கொள்ளும் வழக்கத்தை நீக்கிவிட்டால் அந்த மறுப்பில் மிஞ்சுவது கொஞ்சம்தான்.

பிடிவாதக் கதைக்கு எல்லோரும் காட்டும் சாட்சி ‘கார் வீல்ஸ் ஆன் எ கிராவல் ரோட்’. 1992இல் ‘ஸ்வீட் ஓல்ட் வேர்ல்ட்’ வெளியாகி, அதை வெளியிட்ட கமீலியன் நிறுவனம் மூடப்பட்டபின், 1995இல் ஆஸ்டினில் புதிய ஆல்பத்தின் பதிவு தொடங்கியது. நெடுநாள் கூட்டாளியான கிட்டார் கலைஞர் கர்ஃப் மார்லிக்ஸுடன் பதிவு ஏறக்குறைய முடிந்த நிலையில், குரல் சரியாக வரவில்லை என்று லூசிண்டா அதை ஒதுக்கினார். நாஷ்வில்லில் ஸ்டீவ் ஏர்ல், ரே கென்னடி இருவருடன் மறுபடி தொடங்கினார். பிறகு ப்ரூஸ் ஸ்பிரிங்ஸ்டீன் குழுவின் பியானோக் கலைஞர் ராய் பிட்டன் கைக்கு வேலை போனது. மார்லிக்ஸ் பிரிந்துபோனார். 1998 ஜூன் 30இல்தான் ஆல்பம் வெளிவந்தது. இங்கே பிடிவாதம் இல்லை என்று சொன்னால் அது பொய். முடிந்த பதிவை ஒதுக்கியது அவர் முடிவு; அதனால் ஒரு நட்பு முறிந்ததும் உண்மை. ஆனால் ஆறாண்டு இடைவெளியை முழுக்க அந்தக் கணக்கில் எழுதுவது அநியாயம். கமீலியன் மூடியது, அடுத்து ஒப்பந்தம் செய்த இசைத் தயாரிப்பாளர் ரிக் ரூபினின் நிறுவனத்தில் வெளியீடு சிக்கிக்கொண்டது, கடைசியில் மெர்க்குரி நிறுவனம் உரிமையை வாங்கி வெளியிட்டது. இவற்றில் எதுவும் பாடகியின் குணம் அல்ல. ‘ஆடத் தெரியாதவருக்குக் கூடம் கோணல்’ என்பார்கள். இவர் விஷயத்தில் கூடம் உண்மையிலேயே கோணலாகத்தான் இருந்தது. கணக்கும் இதையே சொல்கிறது. 1979 முதல் 1998 வரை ஸ்டுடியோ ஆல்பங்கள் ஐந்தே. அவரை எங்கே வைப்பது என்று தெரிந்த நிறுவனம் கிடைத்தபின், பிறகு சொந்த நிறுவனமே தொடங்கியபின், 2001 முதல் 2023 வரை பத்துக்கும் மேல். அவற்றில் இரண்டு இரட்டை ஆல்பங்கள். குணம் மாறவில்லை, சூழல் மாறியது.

‘கார் வீல்ஸ்’ ஏன் பெரிய ஆல்பம் என்பதையும் பார்க்க வேண்டும், ஏனென்றால் இன்னொரு மறுப்பு அங்கேதான் எழுகிறது: இவர் கவிஞர் மகள், இவை படிக்க வேண்டிய எழுத்து, கன்ட்ரி என்று சொல்லிக்கொள்வது வேஷம் என்பார்கள். பாடல்களோ நேர்மாறாக நடக்கின்றன. லேக் சார்ல்ஸ், ஜாக்சன், கிரீன்வில் என ஊர்ப் பெயர்களே அவற்றின் தலைப்புகள். அவற்றில் வரும் மனிதர்கள் உண்மையானவர்கள். ‘ட்ரங்கன் ஏஞ்சல்’ 1989இல் ஆஸ்டினில் சுட்டுக் கொல்லப்பட்ட பாடகர் ப்ளேஸ் ஃபோலியைப் பற்றியது. முந்தைய ஆல்பத்தின் ‘பினியோலா’ தற்கொலை செய்துகொண்ட கவிஞர் ஃப்ராங்க் ஸ்டான்ஃபோர்டின் சாவிலிருந்து பிறந்தது. ‘கார் வீல்ஸ்’ தலைப்புப் பாட்டில் பின்னிருக்கையில் உட்கார்ந்து பெரியவர்களின் உலகத்தைப் பார்க்கும் குழந்தை இருக்கிறது. அதைக் கேட்ட தந்தை, அந்தக் குழந்தை நீதான் என்று மகளிடம் மன்னிப்புக் கேட்டதாக லூசிண்டாவே சொல்லியிருக்கிறார். மகள் எழுதும்போது அந்தக் குழந்தை தான்தான் என்று அறிந்திருக்கவில்லை. தந்தையிடம் அவர் கற்றது அலங்காரத்தை அல்ல, வெட்டுவதை. உவமை குறைவு, பொருள்களும் பெயர்களும் அதிகம், ஒரே வரி மீண்டும் மீண்டும் வரும். ஊர், சாவு, குடி, பிரிவு, சமையலறை ஆகியவற்றைக் கூட்டிப்பார்த்தால் ஹாங்க் வில்லியம்ஸின் பொருளடக்கம் அப்படியே இருக்கும். அந்தக் காலத்து நாஷ்வில் விற்ற பெரும்பாலான சரக்கைவிட இது பழைய கன்ட்ரிக்கு நெருக்கம் என்பது என் தீர்ப்பு. விமர்சகர்களின் ஆண்டு வாக்கெடுப்பான வில்லேஜ் வாய்ஸ் பட்டியலில் ‘கார் வீல்ஸ்’ முதலிடம் பெற்றது. ஐந்து லட்சத்துக்கு மேல் விற்றுத் தங்கத்தட்டும் பெற்றது. 1999இல் கிடைத்த கிராமி ‘சமகால ஃபோக்’ பிரிவில்.

இதே ஆண்டுகளில்தான் புதிய தட்டு ஒன்று தயாரானது. 1995இல் கேவின் என்ற வானொலித்துறை இதழ் ‘அமெரிக்கானா’ என்ற பெயரில் ஒரு பட்டியலைத் தொடங்கியது. 1999இல் அமெரிக்கானா இசைச் சங்கம் உருவானது. 2010இல் அந்தப் பெயரில் கிராமி வழங்கத் தொடங்கினார்கள். கன்ட்ரி வானொலி ஏற்காதவர்கள், ராக் வானொலிக்கு வயதாகிப்போனவர்கள், ஃபோக் என்றால் கூச்சப்படுபவர்கள் எல்லோரும் இந்தக் கூரையின்கீழ் வந்தார்கள். இங்கே என் வாதத்துக்கே எதிராக ஒரு கேள்வி எழும்: தட்டுகள்தான் குற்றவாளி என்றால், அமெரிக்கானாவும் இன்னொரு தட்டுதானே? ஆம். அதிலும் ஒரு வணிகக் கணக்கு உண்டு. தொடக்கத்தில் மேடையில் ஏறியவர்கள் பெரும்பாலும் வெள்ளையர்களே என்ற குற்றச்சாட்டும் நியாயமானது. பாஞ்சோவின் ஆப்பிரிக்க வேரை மேடையிலேயே நினைவூட்டும் ரியானன் கிடன்ஸ் போன்றவர்கள் வந்தபின்தான் அந்தப் படம் கொஞ்சம் மாறத் தொடங்கியது. ஆயினும் ஒரு வேறுபாடு உண்டு. பழைய தட்டுகளைக் கடைக்காரர்கள் முதலில் செய்து, பாடுபவர்களை அவற்றில் திணித்தார்கள். இந்தத் தட்டோ லூசிண்டா, ஸ்டீவ் ஏர்ல், எம்மிலூ ஹாரிஸ் போன்றவர்கள் பாடி முடித்தபின், அவர்களை வைக்க இடமில்லாததால் செய்யப்பட்டது. அவர் அமெரிக்கானாவில் சேர்ந்தார் என்று எழுதுவது காலவரிசைப்படி பிழை.

பிந்தைய ஆண்டுகளை விரைவாகச் சொல்லிவிடலாம். லாஸ்ட் ஹைவே நிறுவனம் வெளியிட்ட ‘எசென்ஸ்’ (2001), ‘வேர்ல்ட் விதவுட் டியர்ஸ்’ (2003), தாயின் மறைவுக்குப்பின் வந்த ‘வெஸ்ட்’ (2007) ஆகியவை வரிசையாக வந்தன. 2009இல் மினியாபொலிஸ் மேடையிலேயே டாம் ஓவர்பியை மணந்தார், நடத்திவைத்தவர் தந்தை. 2014இல் தன் சொந்த ஹைவே 20 நிறுவனத்தில் வெளியிட்ட இரட்டை ஆல்பத்தின் முதல் பாட்டு தந்தையின் கவிதைக்கு அவர் அமைத்த மெட்டு. 2015 ஜனவரி 1இல் மில்லர் வில்லியம்ஸ் மறைந்தார். 2018இல் ஜாஸ் மேதை சார்ல்ஸ் லாய்டுடன் சேர்ந்து பாடியபோது இன்னொரு வேலியும் தாண்டப்பட்டது. 2020 நவம்பரில் பக்கவாதம் தாக்கியபின் கிட்டார் வாசிக்கக் கை ஒத்துழைக்கவில்லை. நின்றபடி பாடத் தொடங்கினார். பிறருடன் சேர்ந்து பாடல் எழுதி 2023இல் புதிய ஆல்பமும், தன்வரலாற்று நூலும் வெளியிட்டார்.

அமெரிக்கானா சங்கம் 2011இல் அவருக்குப் பாடலாசிரியருக்கான வாழ்நாள் சாதனை விருதை அளித்தது. அவர் பெற்ற கிராமி விருதுகள் மூன்று: 1994இல் கன்ட்ரி, 1999இல் ஃபோக், 2002இல் ராக். அமெரிக்கானா பிரிவில் முதல் ஆண்டிலேயே அவருடைய ‘லிட்டில் ஹனி’ ஆல்பம் பரிந்துரைக்கப்பட்டது. விருது லெவன் ஹெல்முக்குப் போனது.