ஐ.பி.எம். ஒத்திசைவுக் கணினிகள்

ஐ.பி.எம். பிசிக்கு எழுதிய மென்பொருளை மாற்றமின்றி இயக்கும்படி பிற நிறுவனங்கள் செய்த தனிநபர் கணினிகள்; பேச்சுவழக்கில் ‘குளோன்’. ஐ.பி.எம். பிசிக்கு முன், 1977இல் வந்த ஆப்பிள் II, டிஆர்எஸ்-80, கமடோர் பெட் ஆகியவற்றுள் ஒன்றுக்கு எழுதிய நிரல் மற்றொன்றில் ஓடாது.

மூலப்பொறியான ஐ.பி.எம். 5150, 1981 ஆகஸ்ட் 12 அன்று அறிவிக்கப்பட்டது. புளோரிடாவின் போக்கா ரேட்டனில் டான் எஸ்ட்ரிட்ஜ் தலைமையிலான சிறு குழு, ஏறத்தாழ ஓராண்டுக்குள் முடிக்கவேண்டியிருந்ததால், சந்தையில் கிடைத்த உதிரிகளைக் கொண்டே அதை அமைத்தது. 1,565 டாலருக்குக் கிடைத்த அடிப்படை வடிவத்தில் 16 கிலோபைட் நினைவகம் மட்டுமே. பிளாப்பி டிரைவ் கிடையாது, கேசட் ரெக்கார்டரை இணைத்துக்கொள்ளலாம். இன்டெல் 8088 செயலியின் வேகம் 4.77 மெகாஹெர்ட்ஸ். விசித்திரமான இந்த எண்ணுக்குக் காரணம் தொலைக்காட்சி: அமெரிக்க வண்ண ஒளிபரப்பின் நிறக் குறியலையைப் போல் நான்கு மடங்கு அதிர்வெண் (14.31818 மெகாஹெர்ட்ஸ்) கொண்ட படிகமொன்றைப் பொருத்தி, அதை மூன்றால் வகுத்துச் செயலிக்குக் கொடுத்தார்கள். திரைக்கும் செயலிக்கும் ஒரே படிகம் போதுமானதாயிற்று.

இயக்குதளமான டாஸ், டிம் பேட்டர்சன் எழுதிய 86-டாஸிலிருந்து வந்தது. அது சிபி/எம் என்னும் முந்தைய இயக்குதளத்தின் இடைமுகத்தை ஒட்டியது என்பதில் ஐயமில்லை. நகலா என்பதில் கருத்துகள் வேறுபடுகின்றன. டாஸை ஐ.பி.எம்.முக்கு வழங்கிய மைக்ரோசாஃப்ட், அதைப் பிறருக்கும் விற்கும் உரிமையைத் தன்னிடமே வைத்துக்கொண்டது.

ஆக, ஐ.பி.எம்.முக்கே உரியதாக எஞ்சியது, கணினியைத் தொடக்கி வன்பொருளை மென்பொருளோடு இணைக்கும் 8 கிலோபைட் பயாஸ் நிரல். அதன் முழு வரிகளையும் நிறுவனமே கையேட்டில் அச்சிட்டிருந்தது. தாராளம் போலத் தோன்றினாலும், படித்தவர் எழுதும் எதையும் நகல் என்று வழக்காட அது இடம் தந்தது. 1984இல் கொரோனா, ஈகிள் நிறுவனங்கள் அவ்வாறே வழக்கில் சிக்கின. காம்பேக் வேறு வழி கண்டது: ஒரு குழு அந்த வரிகளைப் படித்து, பயாஸ் என்ன செய்கிறது என்பதை மட்டும் குறித்துக்கொடுக்கும், மூல வரிகளைக் காணாத மற்றொரு குழு புதிதாக எழுதும்.

முதல் குளோன் எது என்பது ‘ஒத்திசைவு’ என்பதை எவ்வளவு கறாராகக் கொள்கிறோம் என்பதைப் பொறுத்தது. 1982 நடுவில் வந்த கொலம்பியா டேட்டா புராடக்ட்ஸ் எம்பிசியையே பெரும்பாலும் சுட்டுவர். காம்பேக் போர்ட்டபிள் 1983இல் விற்பனைக்கு வந்தது. ‘கையடக்கம்’ என்ற பெயரில் ஏறத்தாழ 13 கிலோ எடை. அதன் வடிவத்தை உணவகத் தட்டுவிரிப்பில் வரைந்தார்கள் என்றொரு கதையும் உண்டு. லோட்டஸ் 1-2-3 விரிதாள் நிரல், பிளைட் சிமுலேட்டர் விளையாட்டு இரண்டும் ஓடினால்தான் பொறி தேறியதாகக் கருதப்பட்டது.

1984இல் பீனிக்ஸ் நிறுவனம் பயாஸைத் தனிச்சரக்காகவே விற்கத் தொடங்கியது. 1986இல் காம்பேக் 80386 செயலி கொண்ட பொறியை ஐ.பி.எம்.முக்கு முந்தி வெளியிட்டது. 1987இல் பிஎஸ்/2 கணினி வரிசை வழியாகச் சந்தைப் பிடியை மீட்க ஐ.பி.எம். முயன்றது, பலிக்கவில்லை. 2005இல் அதன் பிசி பிரிவு லெனோவோவிடம் சென்றது. பயாஸின் இடத்தைப் பின்னர் யுஇஎஃப்ஐ என்னும் புதிய இடைமுகம் பிடித்தது.