ஆப்பிள் கிரம்பிள்: புட்டு மாவு பிசிறத் தெரிந்தால் போதும்

அணிச்சல் உப்பவில்லை, நடுவில் குழிந்துவிட்டது என்று மனம் சோர்ந்து ஓவனை மூடி வைத்தவர்கள் நம்மில் பலர். அவர்களும் முதல் முறையிலேயே நன்றாகச் செய்துவிடக்கூடிய இனிப்பு ஒன்று உண்டென்றால் அது ஆப்பிள் கிரம்பிள். முட்டை அடிக்க வேண்டாம். பேக்கிங் பவுடர் வேண்டாம். மாவைத் தேய்த்து வட்டமாக்கும் வேலையும் இல்லை. நறுக்கிய ஆப்பிளின் மேல் மாவு, வெண்ணெய், சீனி கலந்த உதிரியைத் தூவி ஓவனில் வைத்தால் முடிந்தது. கீழே பழம் குழைந்து சாறு விடும். மேலே உதிரி பொன்னிறமாகி மொறுமொறுக்கும்.

ஆனால், குளிர்நாட்டுச் செய்முறையை அப்படியே பின்பற்றினால் நம் ஊரில் ஓர் இடத்தில் சறுக்கும். அந்த இடம் வெண்ணெய். அதை எப்படிக் கையாள்வது, எந்த ஆப்பிளை வாங்குவது, ஓவன் இல்லாத வீட்டில் என்ன செய்வது, சீனியை எவ்வளவு குறைக்கலாம் என்பதையெல்லாம் இங்கே பார்ப்போம்.

தட்டுப்பாட்டில் பரவிய இனிப்பு

கிரம்பிள் என்ற சொல்லுக்கு உதிர்வது, பொடிவது என்று பொருள். இது பிரிட்டிஷ் வீடுகளின் இனிப்பு. பழத்தை மாவுத் தகட்டுக்குள் வைத்துச் சுடும் ‘பை’ அங்கே அதைவிடப் பழையது. ஆனால் பைக்கு மாவும் கொழுப்பும் அதிகம் வேண்டும்.

இரண்டாம் உலகப் போரின்போது, 1940 ஜனவரியில், பிரிட்டனில் உணவுப் பங்கீடு தொடங்கியது. முதலில் பங்கீட்டுக்கு வந்த பொருள்களில் வெண்ணெயும் சீனியும் அடங்கும். போர்க்காலத்தின் பெரும்பகுதியில் ஓர் ஆளுக்கு வாரத்திற்கு 2 அவுன்ஸ், அதாவது ஏறக்குறைய 57 கிராம் வெண்ணெய்தான் கிடைத்தது. தகட்டுக்குப் பதில் பழத்தின் மேல் கொஞ்சம் உதிரியைத் தூவும் கிரம்பிள் அந்தக் காலத்தில் வீடு வீடாகப் பரவியது. பங்கீடு முற்றாக நீங்கியது 1954 ஜூலையில்தான். அதற்குள் கிரம்பிள் அந்நாட்டு மக்களின் அன்றாட இனிப்பாகிவிட்டது.

அதே போரில் மலாயாவும் சிங்கப்பூரும் ஜப்பானியர் பிடியில் இருந்தன. மரவள்ளிக்கிழங்கைத் தின்று பசி ஆற்றிய கதையை நம் வீட்டு மூத்தவர்கள் சொல்லக் கேட்டிருப்போம். இருப்பதை வைத்துச் சமாளிக்கும் சமையல் நமக்குப் புதிதல்ல.

சைவ நாள்களுக்கும் ஏற்றது

கிரம்பிளில் முட்டை இல்லை, ஜெலட்டினும் இல்லை. அதனால் புரட்டாசி விரதம் இருப்பவர்களும் வெள்ளிக்கிழமை சைவம் கடைப்பிடிப்பவர்களும் தயங்காமல் சாப்பிடலாம். பூஜைத் தட்டில் வைத்து எடுத்த ஆப்பிள்கள் நாலைந்து நாளில் தோல் சுருங்கி, யாரும் தொடாமல் கிடக்கும். அவற்றுக்கும் இது நல்ல வழி. சுருங்கிய பழம் பரவாயில்லை. பூசணம் பிடித்ததையும் அழுகியதையும் மட்டும் எறிந்துவிட வேண்டும்.

எந்த ஆப்பிள்?

பிரிட்டனில் இதற்கென்றே பிராம்லி என்ற புளிப்பு ஆப்பிள் இருக்கிறது. வெந்தால் கூழாகக் குழைந்துவிடும். அது இங்கே எளிதில் கிடைக்காது. நம் சந்தைகளிலும் பேரங்காடிகளிலும் கிடைப்பவை இவை:

• பச்சை ஆப்பிள் (கிரானி ஸ்மித்): 1860-களில் ஆஸ்திரேலியாவின் சிட்னி அருகே தோன்றிய வகை. நல்ல புளிப்பு உண்டு. வெந்தாலும் துண்டு துண்டாக நிற்கும். கிரம்பிளுக்கு முதல் தேர்வு.

• ஃபூஜி: ஜப்பானில் உருவான வகை. இனிப்பும் சாறும் அதிகம். சீனியைப் பாதியாகக் குறைத்து, எலுமிச்சைச் சாற்றைக் கூட்டிக்கொள்ளலாம்.

• காலா: நியூசிலாந்தில் உருவானது. மென்மையானது; விரைவில் வெந்துவிடும்.

• ரெட் டெலிசியஸ்: அடர் சிவப்பு நிறம். பச்சையாகத் தின்ன ஏற்றது. வெந்தால் மாவு மாவாகிச் சுவை இழக்கும். தனியாகப் பயன்படுத்த வேண்டாம்.

பச்சை ஆப்பிள் பாதி, ஃபூஜி பாதி என்று கலந்தால் புளிப்பும் இனிப்பும் சமமாக இருக்கும். செலவும் கட்டுக்குள் நிற்கும்.

தேவையான பொருள்கள் (6 பேருக்கு)

பழத்திற்கு:
ஆப்பிள் – 5 அல்லது 6 (ஏறக்குறைய 800 கிராம்)
சீனி – 40 கிராம்
எலுமிச்சைச் சாறு – 1 மேசைக்கரண்டி
பட்டைத் தூள் – 1 தேக்கரண்டி
கோதுமை மாவு – 1 மேசைக்கரண்டி

மேல் உதிரிக்கு:
சாதாரண கோதுமை மாவு – 200 கிராம் (அட்டா மாவு அல்ல)
குளிர்ந்த வெண்ணெய் – 100 கிராம்
சீனி அல்லது பழுப்புச் சீனி – 80 கிராம்
உப்பு – 1 சிட்டிகை (உப்பு சேர்த்த வெண்ணெய் என்றால் வேண்டாம்)

அளவை மறந்துவிட்டாலும் விகிதத்தை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். மாவு இரண்டு பங்கு, வெண்ணெய் ஒரு பங்கு, சீனி ஒரு பங்குக்குச் சற்றுக் குறைவு.

வெண்ணெய்க்குப் பதில் மாஜரின் அதே அளவு சேர்க்கலாம். செலவு குறையும், வாசமும் குறையும். நெய் என்றால் 80 கிராம் போதும். வெண்ணெயில் ஆறில் ஒரு பங்கு அளவுக்கு நீர் உண்டு, நெய்யில் அது இல்லை. நெய்யைக் குளிர்பதனப் பெட்டியில் வைத்துக் கெட்டியாக்கிய பிறகே பயன்படுத்த வேண்டும்.

செய்முறை

1. வெண்ணெயைச் சிறு துண்டுகளாக நறுக்கி, உறைபெட்டியில் 15 நிமிடம் வையுங்கள். மாவையும் பாத்திரத்தோடு குளிர்பதனப் பெட்டியில் வைக்கலாம்.

2. ஆப்பிளைத் தோல் சீவி, விதைப் பகுதியை நீக்கி, 2 செண்டிமீட்டர் துண்டுகளாக நறுக்குங்கள். எலுமிச்சைச் சாற்றில் உடனே புரட்டினால் கறுக்காது. சீனி, பட்டைத் தூள், 1 மேசைக்கரண்டி மாவு சேர்த்துக் கலந்து, 20 செண்டிமீட்டர் அளவுள்ள ஓவன் பாத்திரத்தில் பரப்புங்கள். அந்த மாவுதான் பழச்சாற்றைக் கெட்டியாக்கும்.

3. 200 கிராம் மாவில் வெண்ணெயைப் போட்டு, விரல் நுனிகளால் தேய்த்துப் பிசிறுங்கள். உள்ளங்கை படக்கூடாது; அதன் சூட்டில் வெண்ணெய் இளகிவிடும். பிறகு சீனி, உப்பு சேருங்கள்.

4. உதிரியைப் பழத்தின் மேல் பரவலாகத் தூவுங்கள். அழுத்த வேண்டாம்.

5. முன்கூட்டியே 180 டிகிரி செல்சியஸில் சூடாக்கிய ஓவனில் 40 முதல் 45 நிமிடம் வையுங்கள். ஓரங்களில் சாறு கொதித்து வருவதும் மேற்பரப்பு பொன்னிறமாவதும் வெந்ததற்கு அடையாளம்.

6. வெளியே எடுத்து 15 நிமிடம் ஆறவிட்ட பிறகு பரிமாறுங்கள். அதற்குள் சாறு இறுகிவிடும்.

புட்டுப் பதமே இதன் பதம்

உதிரி சரியாக வந்திருக்கிறதா என்பதை எப்படி அறிவது? புட்டு மாவைப் பிசிறும்போது என்ன பார்ப்போமோ அதையே இங்கும் பார்க்க வேண்டும். கைப்பிடியில் எடுத்து இறுக்கினால் பிடிபட வேண்டும். விரலால் தட்டினால் உதிர வேண்டும். புட்டுக்கு நீர் செய்யும் வேலையை இங்கே வெண்ணெய் செய்கிறது.

குளிர்ந்த வெண்ணெய் சிறு சிறு துணுக்குகளாக மாவுக்குள் தங்கும். ஓவனில் அவை உருகும்போது அந்த இடங்களில் இடைவெளி விழும், உதிரி மொறுமொறுப்பாகும். வெண்ணெய் முன்பே உருகிவிட்டால் மாவு அதைக் குடித்து, சப்பாத்தி மாவுபோல ஒட்டிக்கொள்ளும். வெந்த பிறகு கட்டியாக, கடினமாக இருக்கும்.

வெண்ணெய் 32 டிகிரிக்கு மேல் உருகிவிடும். நம் வீட்டுச் சமையலறையில் மதிய வெயிலுக்கு வெப்பம் அந்த அளவைத் தொடும். ஆகவே இந்த வேலையைக் காலையிலோ இரவிலோ செய்யுங்கள். ஓவனைச் சூடாக்கும் முன்பே உதிரியைப் பிசிறி, பெட்டியில் வைத்துவிடுங்கள். பிசிறும்போது கையில் பிசுபிசுப்பு தெரிந்தால் நிறுத்தி, பாத்திரத்தை 10 நிமிடம் குளிரவைத்துவிட்டுத் தொடருங்கள்.

சிறிய ஓவன், ஓவனே இல்லாத வீடு

மேசை மேல் வைக்கும் சிறிய ஓவனில் மேல் கம்பி மிக அருகில் இருக்கும். பழம் வேகும் முன்பே மேற்பகுதி கருகிவிடும். பாத்திரத்தைக் கீழ்த்தட்டில் வைத்து, முதல் 20 நிமிடம் அலுமினியத் தாளால் தளர்வாக மூடுங்கள், பிறகு எடுத்துவிடுங்கள். காற்றாடி உள்ள ஓவனில் 160 டிகிரி போதும்.

ஓவன் இல்லையென்றால் அடுப்பிலேயே செய்யலாம். ஆப்பிள் கலவையைக் கனமான சட்டியில், 2 மேசைக்கரண்டி நீர் தெளித்து, மூடியிட்டு, சிறு தீயில் 10 முதல் 15 நிமிடம் வேகவையுங்கள். உதிரியை வேறொரு வாணலியில் சிறு தீயில் கிளறிக்கொண்டே பொன்னிறமாக வறுங்கள். மாவின் பச்சை வாசம் போக வேண்டும். பரிமாறும் நேரத்தில் பழத்தின் மேல் தூவிக்கொள்ளுங்கள். ஓவனில் செய்ததன் சுவை முழுதாக வராது. ஆனாலும் நன்றாகவே இருக்கும்.

சீனியைக் கவனியுங்கள்

மேலே சொன்ன அளவில் மொத்தம் 120 கிராம் சீனி இருக்கிறது. 6 பேருக்குப் பிரித்தால் ஒருவருக்கு 20 கிராம், அதாவது 5 தேக்கரண்டி. சேர்க்கும் சீனியை ஒரு நாளைக்கு 25 கிராமுக்குள் வைத்துக்கொள்வது மேலும் நல்லது என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் அறிவுரை. 2019-இல் எடுத்த தேசியச் சுகாதார ஆய்வின்படி மலேசியப் பெரியவர்களில் ஐவரில் ஒருவருக்கு நீரிழிவு இருந்தது. இந்தியர்களிடையே விகிதம் இன்னும் அதிகம். எனவே இந்தக் கணக்கைப் பார்க்காமல் இருக்க முடியாது.

ஃபூஜி, காலா போன்ற இனிப்புப் பழங்களைப் பயன்படுத்தினால் பழத்தில் சீனியே வேண்டாம். மேல் உதிரியிலும் 60 கிராமுக்கு இறக்கலாம். அப்போது ஒருவருக்கு 10 கிராம்தான் வரும். மாவில் 50 கிராமைக் குறைத்து அதே அளவு ஓட்ஸ் சேர்த்தால் நார்ச்சத்து கூடும், மொறுமொறுப்பும் கூடும். இருந்தாலும் பழத்திலும் மாவிலும் இயல்பாகவே சர்க்கரையும் மாவுச்சத்தும் உண்டு. நீரிழிவு உள்ளவர்கள் சிறு கிண்ணத்தோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

எதனோடு சாப்பிடலாம்?

சூடான கிரம்பிளோடு கஸ்டர்ட் ஊற்றிச் சாப்பிடுவது பிரிட்டிஷ் வழக்கம். கஸ்டர்ட் தூளுக்கும் முட்டை இல்லாமையோடு தொடர்பு உண்டு. 1837-இல் பர்மிங்ஹாமைச் சேர்ந்த ஆல்ஃபிரட் பேர்ட், முட்டை ஒவ்வாத தம் மனைவிக்காகச் சோள மாவில் அதை உருவாக்கினார். சைவர்கள் பால் சேர்த்து அதைக் காய்ச்சிக்கொள்ளலாம். ஐஸ்கிரீம் வாங்கினால் முட்டை, ஜெலட்டின் கலந்திருக்கிறதா என்று பொட்டலத்தில் பாருங்கள். இவற்றிலும் சீனி உண்டு என்பதையும் கணக்கில் சேர்த்துக்கொள்ளுங்கள்.

மிச்சம் இருந்தால்

நம் ஊர் ஈரக்காற்றில் கிரம்பிளை இரவு முழுதும் வெளியே வைக்கக்கூடாது. ஆறியதும் மூடிக் குளிர்பதனப் பெட்டியில் வைத்தால் 3 நாள் தாங்கும். சூடாக்கும்போது ஓவனையே பயன்படுத்துங்கள். மைக்ரோவேவில் மேற்பகுதி நமத்துவிடும். பிசிறிய உதிரியை மட்டும் பையில் கட்டி உறைபெட்டியில் வைத்தால் ஒரு மாதம் வரை நன்றாக இருக்கும். திடீரென்று விருந்தாளி வந்தால் ஆப்பிளை நறுக்கினால் போதும். ஆப்பிள் இல்லையென்றால் அன்னாசியோ நன்கு பழுத்த வாழைப்பழமோ இருந்தாலும் செய்யலாம். அன்னாசி என்றால் சாற்றைக் கொஞ்சம் வடித்துவிடுங்கள். வாழைப்பழத்திற்குச் சீனி தேவையே இல்லை.