முல்லை சூடாத பாணன்

போருக்கென்று ஓர் இசை உண்டு, அது முரசு. புறநானூற்றின் 112ஆம் பாட்டிலும் அது ஒலிக்கிறது. ஆனால் பாடுவோர் தோற்ற பக்கத்துப் பெண்கள். பொன்னமராவதிக்கு அப்பாலுள்ள பிரான்மலையே குறுநில மன்னன் பாரியின் பறம்பு மலை என்பர். மூவேந்தரால் தந்தையையும் குன்றையும் இழந்த பாரி மகளிர், போன மாத நிலவையும் இந்த மாத நிலவையும் அடுத்தடுத்து வைத்து ஐந்தே அடியில் முடித்துவிடுகிறார்கள். வசைச்சொல் ஒன்றுகூட இல்லை. வென்றவர்க்கு முரசு இருக்கிறது, எங்களுக்குத் தந்தை இல்லை என்கிறார்கள். அதன்பின் அம்முரசொலியைப் பெருமையாகக் கேட்க எவரால் முடியும்?

புதுக்கோட்டைக்காரர் உரிமையோடு சொல்லிக்கொள்ளத்தக்கது 242ஆம் பாட்டு. ஒல்லையூர் கிழான் மகன் பெருஞ்சாத்தன் மறைந்தபோது குடவாயிற் கீரத்தனார் பாடியது. ஒல்லையூரை நம் மாவட்டத்து ஒலியமங்கலமாக அறிஞர் கொள்வர். ‘ஒல்லையூர் தந்த பூதப்பாண்டியன்’ என்ற பெயரே அவ்வூர் படை கண்ட மண் என்று காட்டும். இளைஞர் சூடவில்லை, மகளிர் பறிக்கவில்லை, யாழின் கோட்டால் கொடியை வளைத்துப் பூக்கொய்யும் பாணன் சூடவில்லை, பாடினியும் அணியவில்லை. நீ மட்டும் ஏன் பூத்தாய் என்று முல்லையைக் கேட்கிறார் புலவர். எனக்கு இதில் பெரிதாகப் படுவது பாணனின் மறுப்பு. கொண்டாடிப் பாடிப் பிழைப்பவன் அவன். அவனே பூவை ஒதுக்குகிறான். ஒன்றும் நடவாததுபோல் இருக்கமாட்டேன் என்பதும் எதிர்ப்புத்தான். மறைந்தவரை எண்ணிப் பாடும் இந்தக் கையறுநிலைத் துறையை வெறும் இரங்கலாகப் படிப்பது போதாது என்பேன்.

குண்டுவீச்சில் சிதைந்த கோவென்ட்ரிப் பேராலயத்தின் அருகே எழுந்த புதிய ஆலயத்தில் 1962இல் பெஞ்சமின் பிரிட்டனின் போர் இரங்கலிசை அரங்கேறியது. 1918இல் போர்முனையில் மாண்ட வில்ஃபிரட் ஓவனின் கவிதைகளை இறந்தோர்க்கான திருப்பலிப் பாடல்களோடு அவர் கோத்திருந்தார். அங்கும் புலம்பலே குற்றச்சாட்டு.

புலம்பலுக்கு அதிகாரம் அஞ்சும். முள்ளிவாய்க்காலில் 2009இல் மாண்டோர்க்கு யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் எழுப்பிய நினைவுச்சின்னம் 2021 ஜனவரி 8 இரவில் இடிக்கப்பட்டது. மாணவர் விடவில்லை, அது மீண்டும் எழுந்தது.

ஈழப்போருக்குத் தப்பி வந்த குடும்பங்கள் நம் மாவட்டத்திலும், லேணாவிளக்கிலும் தேக்காட்டூரிலும் அழியாநிலையிலும் முகாம்களில் வாழ்கின்றன. கடலுக்கு அக்கரையில் தம்மவரைப் புதைத்துவிட்டும், புதைக்க முடியாமலும் வந்த தாய்மார் அங்கே முதுமை அடைந்துவிட்டார்கள். ஒல்லையூர்ப் பாட்டு நமக்குக் கிடைத்தது, யாரோ ஏட்டில் எழுதிவைத்ததாலும், 1894இல் உ.வே.சாமிநாதையர் அதை அச்சேற்றியதாலும். இந்தத் தாய்மாரின் ஒப்பாரியையும், பேரப்பிள்ளைகளுக்கு அவர்கள் பாடும் தாலாட்டையும், அவர்கள் இசைந்தால், அவர்கள் குரலிலேயே பதிந்துவைக்கும் பொறுப்பை நம் கல்லூரித் தமிழ்த்துறைகள் இந்த ஆண்டே ஏற்கவேண்டும்.