வீட்டுக்கடனின் நீண்டகாலச் செலவு

வீடு வாங்கவோ கட்டவோ வங்கியிடமோ வீட்டுவசதி நிதி நிறுவனத்திடமோ கடன் பெற்றவர், அடமானம் வைத்த பத்திரம் கைக்குத் திரும்பும் நாள்வரை அந்தக் கடனுக்காகக் கொடுக்கும் வட்டி, கட்டணங்கள், காப்பீட்டுப் பிரீமியம், பதிவுச் செலவு ஆகியவற்றின் மொத்தமே வீட்டுக்கடனின் நீண்டகாலச் செலவு. இந்தியாவில் கடன் பேசும்போது வட்டி விகிதம், இ.எம்.ஐ. எனப்படும் மாதத் தவணை ஆகிய இரண்டு எண்கள்தான் பேச்சில் அடிபடும். ஆனால் செலவைப் பெரிதும் தீர்மானிப்பது மூன்றாவது எண்: கடன் எத்தனை மாதம் ஓடுகிறது என்பது. விண்ணப்பத்தில் ஒருமுறை எழுதியதோடு அதைப் பலரும் மறந்துவிடுகிறார்கள். மாறும் வட்டிக் கடனில் அது கடன்தாரருக்குத் தெரியாமலே நீளவும் கூடும்.

தவணையின் உள்கணக்கு

இன்றைய வீட்டுக்கடன்கள் பெரும்பாலும் குறையும் நிலுவை முறையில் அமைந்தவை. ஒவ்வொரு மாதமும் அப்போது நிற்கும் அசலுக்கு மட்டும் வட்டி கணக்கிடுவார்கள். தவணையில் அந்த வட்டி முதலில் கழியும். மிஞ்சுவது அசலில் வரவாகும். தவணைத் தொகை மாறாமல் இருக்க, அதற்குள் வட்டியின் பங்கு மாதாமாதம் இறங்கும், அசலின் பங்கு ஏறும். ஏற்றம் தொடக்கத்தில் மிக மெதுவாகவே இருக்கும்.

8.5 சதவீத வட்டியில் 20 ஆண்டுக்கு வாங்கிய 50 லட்சம் ரூபாய்க் கடனை எடுத்துக்கொள்வோம். மாதத் தவணை 43,391 ரூபாய். முதல் மாதம் இதில் 35,417 ரூபாய் வட்டிக்கே போகிறது. அசலில் கழிவது 7,974 ரூபாய்தான். ஐந்து ஆண்டு முடிவில் கடன்தாரர் கட்டியிருப்பது 26 லட்சம். நிற்கும் கடனோ 44 லட்சத்துக்கு மேல். பத்து ஆண்டு, அதாவது பாதிக் காலம், முடிந்த பின்னும் சுமார் 35 லட்சம் பாக்கி இருக்கும். தவணையில் வட்டியை விட அசலின் பங்கு அதிகமாவது 143-ஆவது மாதத்தில். வாங்கிய கடனில் பாதி தீர்வதற்கு 13 ஆண்டு 10 மாதம் ஆகும். முடிவில் கட்டிய மொத்தம் ஒரு கோடியே 4 லட்சம். அதில் வட்டி மட்டும் 54 லட்சம்.

பத்து ஆண்டு கட்டியவர் கணக்கறிக்கையைப் பார்த்துவிட்டு, 'இவ்வளவுதானா குறைந்தது?' என்று கிளையில் போய்ச் சண்டை போடுவது உண்டு. இதில் ஏமாற்று ஏதுமில்லை, கணக்கே அப்படித்தான். ஏமாற்றம் வருவதற்குக் காரணம், கடன் கொடுக்கும் நாளில் மாதாமாதம் வட்டியும் அசலும் பிரியும் பட்டியலைப் பெரும்பாலும் யாரும் விரித்துக் காட்டுவதில்லை என்பதே. பழைய ஒப்பந்தங்கள் சிலவற்றில் வருடாந்தரக் குறைப்பு முறை இருந்தது. மாதாமாதம் கட்டினாலும் அசல் ஆண்டுக்கு ஒருமுறைதான் குறையும். மேற்சொன்ன கடனுக்கே அம்முறையில் தவணை ஏறத்தாழ 640 ரூபாய் கூடும். விகிதம் என்னவோ அதே 8.5 சதவீதமாகத்தான் தெரியும்.

விகிதமும் காலமும்

கடன் தேடுபவர்கள் கால் சதவீதத்துக்கும் அரைச் சதவீதத்துக்கும் நாலு வங்கி ஏறி இறங்குவார்கள். அது வீண் வேலையல்ல. அதே 50 லட்சத்தை 8.5-க்குப் பதில் 8 சதவீதத்தில் வாங்கினால் தவணை 41,822 ரூபாயாகும். 20 ஆண்டில் மிச்சம் சுமார் 3.77 லட்சம்.

விகிதத்தைத் தொடாமல் காலத்தை மட்டும் மாற்றினால் வித்தியாசம் இதைவிடப் பெரிது. 15 ஆண்டுக் கடனில் தவணை 49,237 ரூபாய், மொத்த வட்டி 38.6 லட்சம். அதாவது மாதம் 5,846 ரூபாய் கூடுதலாகக் கட்டினால், 20 ஆண்டுக் கடனை விட வட்டியில் 15.5 லட்சம் குறைகிறது. எதிர்த்திசையில், 30 ஆண்டுக்கு நீட்டினால் தவணை 38,446 ஆக இறங்கும்; வட்டி 88.4 லட்சமாக ஏறும். மாதம் 4,945 ரூபாய் இளைப்பாறுதலுக்கு விலை 34 லட்சம். சம்பளத்துக்குத் தக்க 'தகுதித் தொகை' போதவில்லை என்றால் கடன் அதிகாரி முதலில் சொல்லும் தீர்வு காலத்தை நீட்டுவதே. வாங்குபவருக்கு அது உதவி போலத் தோன்றினாலும், கடன் வியாபாரத்தில் அதிக வட்டி தரும் வழியும் அதுதான்.

மாறும் வட்டியும் நீளும் காலமும்

அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் மாறாத வட்டியுள்ள கடன் சாதாரணம். இந்தியாவில் வீட்டுக்கடன் பெரும்பாலும் மாறும் வட்டிதான். 'நிலையான வட்டி' என்று விற்கப்படுவதும் பல சமயம் சில ஆண்டுகளுக்குப் பின் திருத்தும் உரிமையோடு வரும். மாறும் வட்டிக்கு அடிப்படை எது என்பது பலமுறை மாறியிருக்கிறது. வங்கிகள் தாமே நிர்ணயித்த முதன்மை விகிதத்துக்குப் பின் 2010 ஜூலையில் அடிப்படை விகிதமும், 2016 ஏப்ரலில் நிதித்திரட்டும் செலவைச் சார்ந்த எம்.சி.எல்.ஆர். முறையும் வந்தன. ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்தாலும் பலன் பழைய கடன்தாரரை எட்டாத குறை இம்முறைகளில் தீரவில்லை. எனவே 2019 அக்டோபர் 1 முதல் வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக்கடன்களை வெளி அளவுகோல் ஒன்றோடு பிணைக்க வேண்டும் என ரிசர்வ் வங்கி கட்டாயமாக்கியது. பெரும்பாலான வங்கிகள், ரிசர்வ் வங்கி அவற்றுக்குக் குறுகியகாலக் கடன் தரும் வட்டியான ரெப்போ விகிதத்தைத் தேர்ந்தெடுத்தன. மூன்று மாதத்துக்கு ஒருமுறையாவது வட்டியைத் திருத்த வேண்டும். வீட்டுவசதி நிதி நிறுவனங்களுக்கு இந்தக் கட்டாயம் பொருந்தாது. அவற்றில் பல இன்றும் தம் சொந்த அளவுகோலையே வைத்திருக்கின்றன.

பிணைப்பு இருபுறமும் வெட்டியது. 2020 மே மாதம் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2022 மே முதல் 2023 பிப்ரவரிக்குள் ஆறு முறை உயர்ந்து 6.5 சதவீதமானது. 7 சதவீதத்துக்குக் கீழே வீட்டுக்கடன் கிடைத்த 2021-இல் கடன் வாங்கியவர்களின் வட்டி சில மாதங்களில் இரண்டரைப் புள்ளி ஏறியது. வங்கிகள் பொதுவாகத் தவணையைத் தொடவில்லை, காலத்தை நீட்டின. வங்கிக் கணக்கில் அதே தொகை பிடிக்கப்பட்டதால் பலர் மாற்றத்தையே கவனிக்கவில்லை.

இதன் விளைவை ஒரு கணக்கில் காணலாம். 7 சதவீதத்தில் 20 ஆண்டுக்கு 50 லட்சம் வாங்கியவரின் தவணை 38,765 ரூபாய். கடன் புதிதாக இருக்கும்போதே விகிதம் 9.25 சதவீதமாகி, தவணை அப்படியே இருந்தால், மாத வட்டியே 38,542 ரூபாய். அசலுக்குப் போவது வெறும் 223 ரூபாய். கடன் தீர 56 ஆண்டு ஆகும். விகிதம் 9.5 சதவீதமானால் தவணை வட்டிக்கே போதாது. ஒழுங்காகக் கட்டிக்கொண்டிருக்கும்போதே கடன் வளரும். நடைமுறையில் உயர்வு படிப்படியாக வந்ததாலும், ஓய்வு வயதைத் தாண்டிக் காலத்தை நீட்ட வங்கிகள் தயங்குவதாலும் எல்லாருக்கும் நிலைமை இவ்வளவு முற்றவில்லை. ஆனாலும் 20 ஆண்டுக் கடன் ஓசையின்றி 28, 30 ஆண்டாக மாறக் கூடிய அமைப்பு இது.

2023 ஆகஸ்ட் 18 அன்று ரிசர்வ் வங்கி இதற்கு விதி வகுத்தது. வட்டி திருத்தப்படும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலப்பதா என்று தேர்வு செய்யும் வாய்ப்பைக் கடன்தாரருக்குத் தர வேண்டும். காலத்தை நீட்டுவதால் தவணை வட்டிக்கே போதாமல் போகக் கூடாது. இதுவரை வசூலான அசல், வட்டி, எஞ்சிய தவணைகளின் எண்ணிக்கை ஆகியவற்றைக் காட்டும் அறிக்கை காலாண்டுதோறும் தரப்பட வேண்டும். அந்த அறிக்கையில் பார்க்க வேண்டியது எஞ்சிய தவணைகளின் எண்ணிக்கை; மற்றவை அப்புறம். 2025-இல் ரெப்போ குறையத் தொடங்கி ஜூனில் 5.5 சதவீதத்துக்கு வந்தது. ஏற்றத்தின்போது நீண்டுபோன கடன் காலம் இறக்கத்தின்போது அதே அளவு சுருங்கியதா என்பதும் அந்த எண்ணில்தான் தெரியும்.

ரெப்போவுக்கு மேல் வங்கி வைக்கும் கூடுதல் விகிதம் இன்னொரு நுணுக்கம். புதியவர்களை இழுக்க அதைக் குறைத்து விளம்பரம் செய்யும் வங்கியே, பழைய வாடிக்கையாளரிடம் பழைய கூடுதலைத் தொடர்ந்து வாங்கும். கேட்டு எழுதிக் கொடுத்தால், சிறு மாற்றுக் கட்டணத்துக்கு அது குறைக்கப்படுவதுண்டு. கேட்காதவருக்குக் குறையாது.

தவணைக்கு வெளியே

சொத்து மதிப்பில் எத்தனை பங்கு கடன் தரலாம் என்பதற்கு உச்சவரம்பு உண்டு: 30 லட்சம் வரையான கடனுக்கு 90 சதவீதம், 75 லட்சம் வரை 80, அதற்கு மேல் 75. பொதுவாக முத்திரைத்தீர்வையும் பதிவுக் கட்டணமும் இந்த மதிப்பில் சேராது. தமிழ்நாட்டில் நிலமோ பழைய வீடோ கிரயம் வாங்குவதற்கு 2023 ஏப்ரல் முதல் பொதுவாக முத்திரைத்தீர்வை, சொத்து மாற்று வரி, பதிவுக் கட்டணம் எல்லாம் சேர்ந்து 9 சதவீதம். 60 லட்சம் ரூபாய் வீட்டுக்குக் கடன் அதிகபட்சம் 48 லட்சம். சொந்தப் பணம் 12 லட்சத்தோடு பதிவுக்கு 5.4 லட்சமும் வேண்டும். இந்தப் பள்ளத்தை நகைக்கடனாலும் தனிநபர் கடனாலும் நிரப்புபவர்கள் ஏராளம். அவற்றின் வட்டியும் வீட்டின் செலவுதான், எந்த அறிக்கையிலும் அது அப்படி எழுதப்படாவிட்டாலும்.

கட்டி முடியாத அடுக்குமாடிக் குடியிருப்புக்கு 5 சதவீதம் (மலிவு வீடுகளுக்கு 1 சதவீதம்) ஜி.எஸ்.டி. உண்டு. பரிசீலனைக் கட்டணம், அதன்மேல் 18 சதவீத ஜி.எஸ்.டி., வழக்கறிஞர், மதிப்பீட்டாளர் கட்டணங்கள், பேச்சுவழக்கில் எம்.ஓ.டி. எனப்படும் உரிமை ஆவண ஒப்படைப்பைப் பதியும் செலவு ஆகியவையும் சேரும். கட்டுமானம் நடக்கும்போது கடன் பகுதி பகுதியாக விடுவிக்கப்பட்டால், அதுவரை வட்டி மட்டும் வசூலாகும். கட்டுமானம் தாமதமானால் வாடகையும் இந்த வட்டியும் ஒருசேரப் போகும்; அசலில் ஒரு ரூபாய்கூடக் குறையாது.

கடனோடு சேர்த்து விற்கப்படும் ஒற்றைப் பிரீமிய ஆயுள் காப்பீடு கவனத்துக்குரியது. பிரீமியத்தைக் கையிலிருந்து கேட்காமல் கடனிலேயே சேர்த்துவிடுவார்கள். 1.5 லட்சம் ரூபாய் பிரீமியம் இப்படிச் சேர்ந்தால், 8.5 சதவீதத்தில் 20 ஆண்டில் அதற்காகக் கட்டுவது 3.12 லட்சம். குடும்பத் தலைவர் இறந்தால் கடன் தீர வழி வேண்டும் என்பது நியாயமே; தனியாக வாங்கும் டெர்ம் பாலிசியும் அந்த வேலையைச் செய்யும்.

இத்தகைய செலவுகளையும் சேர்த்து ஒரே ஆண்டு விகிதமாகச் சொல்லும் ஏ.பி.ஆர். முறையை அமெரிக்கா 1968-ஆம் ஆண்டுச் சட்டத்திலேயே கட்டாயமாக்கியது. இந்தியாவில் 2024 அக்டோபர் 1 முதல் எல்லாச் சில்லறைக் கடன்களுக்கும் 'முக்கிய விவர அறிக்கை' தர வேண்டும். கடன் கொடுப்பவர் வழியாக வசூலாகும் காப்பீடு, சட்டக் கட்டணங்களும் அதிலுள்ள ஏ.பி.ஆரில் அடங்கும். இரு வங்கிகளை ஒப்பிட விளம்பர விகிதத்தைவிட இதுவே ஏற்றது. ஆனால் எதிர்கால வட்டி மாற்றத்தை இது காட்டாது.

வரிச்சலுகையும் பணவீக்கமும்

வரி மிச்சமாகும் என்பதற்காகவே கடன் வாங்குவது ஒருகாலத்தில் சம்பளக்காரர்களின் பொது அறிவு. பழைய வரிமுறையில், குடியிருக்கும் வீட்டின் வட்டிக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழிவு உண்டு. இந்த வரம்பு 2014-க்குப் பின் உயரவில்லை. நம் எடுத்துக்காட்டில் முதல் ஆண்டு வட்டி 4.21 லட்சம். 30 சதவீத வரி அடுக்கில் இருப்பவருக்கு மிச்சமாவது 62,400 ரூபாய், அதாவது கட்டிய வட்டியில் ஏழில் ஒரு பங்கு. இயல்புநிலையாகிவிட்ட புதிய வரிமுறையில் குடியிருக்கும் வீட்டுக்கு அதுவும் இல்லை.

பணவீக்கம் கடன்தாரருக்குச் சாதகம். ஆண்டுக்கு 5 சதவீதம் விலைவாசி ஏறுவதாக வைத்தால், 20-ஆம் ஆண்டு முடிவில் கட்டும் 43,391 ரூபாய்க்கு இன்றைய மதிப்பு சுமார் 16,350. எல்லாத் தவணைகளையும் இப்படி இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்து கூட்டினால் கிடைப்பது ஒரு கோடியே 4 லட்சமல்ல, 66 லட்சம் சொச்சம். 'வாங்கியதைப் போல் இருமடங்கு கட்டுகிறோம்' என்ற புலம்பல் இந்த அளவுக்கு மிகை. ஆனால் வருமானமும் விலைவாசியோடு ஏறுபவருக்கே இந்த ஆறுதல். சம்பளம் தேங்கியவருக்கும் பாதியில் வேலை இழந்தவருக்கும் பொருந்தாது.

முன்கூட்டிச் செலுத்துதல்

தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக்கடனை முன்கூட்டி அடைப்பதற்கு அபராதம் வாங்க 2012 முதல் வங்கிகளுக்குத் தடை உண்டு. கடன்தாரர் கையிலுள்ள வலுவான ஆயுதம் இது. எப்போது பயன்படுத்துகிறார் என்பதைப் பொறுத்து அதன் வலிமை மாறும். 50 லட்சம் கடனில் முதல் ஆண்டு முடிவில் 5 லட்சத்தை அசலில் கட்டி, தவணையை மாற்றாமல் வைத்தால், கடன் நான்கு ஆண்டு முன்னதாகத் தீரும். வட்டியில் மிச்சம் சுமார் 16 லட்சம். அதே 5 லட்சத்தைப் பத்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் 5.7 லட்சம்தான். பகுதித் தொகை கட்டும்போது தவணையைக் குறைக்கச் சொல்லாமல் காலத்தைக் குறைக்கும்படி எழுதிக் கொடுப்பது அவசியம். அவசரத்துக்கு வைத்திருக்கும் சேமிப்பை இதற்காகத் துடைத்தெடுப்பதும், தனிநபர் கடனும் கிரெடிட் கார்டு பாக்கியும் இருக்கையில் வீட்டுக்கடனை முதலில் அடைப்பதும் தவறான வரிசை.

கடன் முடிந்த பின்

முழுத் தொகையும் கட்டிய 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும்; தாமதத்துக்கு வங்கியே காரணமென்றால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு தர வேண்டும். இவ்விதி 2023 டிசம்பர் 1 முதல் நடப்பில் உள்ளது. பத்திரம் கைக்கு வந்ததோடு வேலை முடியவில்லை. எம்.ஓ.டி. பதிவான இடங்களில், கடன் தீர்ந்ததற்கான ரசீது ஆவணத்தையும் அதே சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிய வேண்டும். பதியாதவரை, வில்லங்கச் சான்று எடுக்கும் எவருக்கும் அந்த வீடு அடமானத்தில் இருப்பதாகவே தெரியும்.