பட்டிக்காட்டானும் படக்காட்சியும்

“பட்டிக்காட்டான் மிட்டாய்க் கடையைப் பார்த்தது போல!” என்பர், சிரிப்பர். யாரைப் பார்த்துச் சிரிப்பு? அந்த மிட்டாய்க்குச் சர்க்கரை தரும் கரும்பை விளைவித்தவனைப் பார்த்து! வியர்வை அவனுக்கு, வேடிக்கை நகரத்தானுக்கு! நியாயந்தானா தோழர்களே, இது?

தேனியை அடுத்து, முல்லையாற்றின் கரையிலே இருக்கிறது பழனிசெட்டிபட்டி. 1928இல் மதுரைக்கும் போடிக்கும் இரயில் ஓடத் தொடங்கியது. தேனி நிலையத்திலே ஏறினால் மதுரை மாநகர்! ஏர் பிடித்த கை பயணச் சீட்டும் பிடிக்கும் காலம் வந்தது.

அது ஊமைப்படக் காலம். கடல் கடந்த அமெரிக்காவிலே, திரையிலும் பட்டிக்காட்டார் பட்டணம் போயினர். 1914இல் மாக் சென்னட் எடுத்த படமொன்றில், பண்ணைவீட்டுப் பெண்ணொருத்தி நகரத்து எத்தனை நம்பிப் பணத்தை இழக்கிறாள். எத்தனாக வந்தவர் சார்லி சாப்ளின்! 1923இல் ஹெரால்டு லாய்டு, பிழைப்புத் தேடி நகருக்கு வந்த இளைஞனாக, மாடிக் கட்டடத்தின் கடிகார முள்ளிலே தொங்கினார். மக்கள் வயிறு குலுங்கச் சிரித்தனர்.

அந்தச் சிரிப்பிலே குற்றமே இல்லையா? உண்டு. பண்ணைப்பெண்ணின் பருத்த உடலையும் பழகாத நடையையும் அது எள்ளியது. ஆனால் குணமும் உண்டு. விழுந்து புரண்டவர்களில் போலீஸ்காரரும் இருந்தனர். செல்வச் சீமான்களும் இருந்தனர். பேச்சில்லாத படத்திலே எழுத்தறியாதவனும் கதையை உணர்ந்தான். அதிகாரமும் வழுக்கி விழும் என்பதைக் கண்ணாரக் கண்டான்.

1931இல் தமிழ்ப்படம் பேசத் தொடங்கியது. பேசியதெல்லாம் பெரும்பாலும் புராணம்! பின்னர் வந்தார் கலைவாணர். 1949இல், அறிஞர் அண்ணா எழுதிய ‘நல்லதம்பி’யிலே, ஜமீன் சொத்து ஒரு நாட்டுப்புறத்தானிடம் வந்து சேருகிறது. மாளிகையைக் கண்டு அவன் வாய் பிளக்கவில்லை. அந்தச் செல்வத்தை மக்களுக்குப் பயன்படுத்த முனைகிறான். அதே படத்தின் ‘கிந்தனார்’ காலட்சேபத்திலே, ஒடுக்கப்பட்ட குலத்துச் சிறுவன் பட்டணம் போகிறான், படித்து உயர்கிறான். நந்தனார் நாடியது சிதம்பரத்தை. கிந்தனார் நாடியது கல்வியை!

சிரிப்பு அங்கே திசை மாறிற்று. அறியாமையில் வைக்கப்பட்டவனை விட்டு, அறியாமையில் வைத்தவனை நோக்கிப் பாய்ந்தது.

நாம் சிரிப்புக்குப் பகைவர்களல்லர். சிரிக்குமுன் ஒன்றை மட்டும் கேட்போம்: விழுபவன் யார், தள்ளியவன் யார்? அந்தக் கேள்வி பிறந்த இடத்திலே, பட்டிக்காட்டான் கேலிப்பொருளல்லன், நம் தோழன்!